பொட்டு வைத்த உத்தரவு

அரூர்க் காட்டில் நான் ஃபாரஸ்ட் கார்டு. சந்தன மரம் வெட்டியவர்களைப் பிடிக்காமல் விட்டேன் என்று, ஒரு விளக்கமும் கேட்காமல் ரேஞ்சர் என்னை டிஸ்மிஸ் செய்தார். கோர்ட்டுக்குப் போனேன்.

"உங்கள வேலைக்கு வெச்சது யாருங்க? அந்த உத்தரவு வேணுமே," என்றார் வக்கீல்.

அந்த உத்தரவைக் கண்ணாடி போட்டு முருகன் படத்துக்குப் பக்கத்தில் மாட்டியிருந்தாள் என் மனைவி. வெள்ளிக்கிழமைதோறும் கையெழுத்தின் மேலேயே குங்குமம் வைப்பாள். "காயிதத்துக்கு எதுக்கு புள்ள பூசை?" என்று நான் சிரிப்பேன். இப்போதும் பொட்டைக் கலைக்க விடாமல் அப்படியே துணியில் சுற்றிக் கொண்டுவந்தாள்.

ஜட்ஜ் வாங்கிப் பார்த்தார். "கையெழுத்து எங்கே?"

நான் குங்குமப் பொட்டைத் தொட்டுக் காட்டினேன்.

"காயிதத்துல வெக்கலீங்க சாமி, கண்ணாடி மேலதான்!" என்று பின்னாலிருந்து கத்தினாள் அவள்.

வக்கீல் துண்டால் துடைத்தார். பெரிய துரை என்று நாங்கள் சொல்லும் மாவட்ட வன அதிகாரியின் கையெழுத்து பளிச்சென்று தெரிந்தது. கோர்ட்டே சிரித்தது. பெரிய துரை நியமித்தவனை அவருக்குக் கீழே உள்ள ரேஞ்சர் நீக்கியது செல்லாது என்று தீர்ப்பானது.

மறுபடி வேலையில் சேரச் சொல்லிக் கடிதம் வந்தபோது நான் பிரிக்கவில்லை. அவள் கையில் கொடுத்தேன். சர்க்கார் காகிதம் எது வந்தாலும், அவள் பொட்டு வைத்த பிறகுதான் இப்போது நான் படிக்கிறேன்.