ஹெல்மெட்டுக்குள் ஒரு மாப்பிள்ளை

கர்ர்ர்க்...

போன செவ்வாய்க்கிழமை பேர்லின் யு-பான் ரயிலில் எதிர் இருக்கைக்காரர் மணிக்கட்டில் சுற்றியிருந்த பேண்டேஜைப் பிரித்தார். வெல்க்ரோ பட்டை பிரியும் சத்தம். இதைவிடக் கவிதையே இல்லாத ஒரு சத்தம் உலகத்தில் உண்டா? ஆனால் எனக்கு உடனே வெட்டிய புல்லின் வாசம் வந்தது. வதங்கும் வெங்காயம், வலித்தைலம், ஈர மண்... ஹனோவர் மைதானத்தின் கம்பி வேலி. நொய்கெல்னில் இறங்க வேண்டியவள் இரண்டு ஸ்டேஷன் தள்ளி இறங்கினேன்.

அந்தக் கதையைச் சொல்லிவிடுகிறேன். சம்பந்தப்பட்டவர்களிடம் கேட்டுவிட்டேன். பெயர்களை மட்டும் மாற்றச் சொன்னார்கள்.

என் வீட்டுக்குக் கீழே பவானி அக்கா துணி திருத்தும் கடை வைத்திருக்கிறார். யாழ்ப்பாணத்துக்காரர். பேர்லினில் பாதிப் பேருடைய இடுப்பளவு அவருக்குத் தெரியும், ஒருவரிடமும் சொல்லமாட்டார். அவருடைய ஒரே மகன் நிரோஷன். முப்பதைத் தொடப்போகிறவன். அவன் குனிந்து வாசலில் நுழையும்போது கடைக்குள் வெளிச்சம் குறையும்.

தொழில்? அமெரிக்கன் ஃபுட்பால். அதில் டைட் எண்ட்.

நம் கால்பந்து இல்லை இது. முட்டை மாதிரிப் பந்து. கையால் எறிவார்கள், கட்டிப்பிடித்துக்கொண்டு ஓடுவார்கள், ஓடுகிறவனைக் கவிழ்ப்பார்கள். பந்தை எறிகிறவனைக் காப்பாற்ற அவனுக்கு முன்னால் ஐந்து மலைகள் சுவராக நிற்கும். எறிந்த பந்தை அந்த மலைகள் பிடிக்கக்கூடாது. தூரத்தில் சில மான்கள் நிற்கும் — ஓடிப்போய்ப் பிடிக்கிறவர்கள். சுவரின் கடைசியில், அதோடு ஒட்டிக்கொண்டு ஒருத்தன் நிற்பான். மலையும் இல்லை, மானும் இல்லை. பாதி நேரம் சுவர், பாதி நேரம் கை. எப்போது எது என்று எதிரிக்குத் தெரியக்கூடாது. அவன்தான் டைட் எண்ட்.

பதினாறு வயதில், விளக்குக் கம்பத்தில் ஒட்டியிருந்த 'உயரமான பையன்கள் தேவை' அறிவிப்பைப் பார்த்துப் போனானாம். முதலில் அவுஸ்பில்டுங்கை, அதாவது தொழிற்படிப்பை முடி, பிறகு உருண்டு புரளு என்றார் பவானி அக்கா. எலக்ட்ரீஷியன் படிப்பை முடித்தான். இன்றும் அரைநாள் அந்த வேலைதான். இரண்டாம் டிவிஷனில் விளையாடக் கைக்காசு போட்ட வருடங்கள் உண்டு. பிறகுதான் சம்பளம் தரும் லீக். அங்கே ஒரு விதி — களத்தில் ஒரே நேரத்தில் இத்தனை அமெரிக்கர்களுக்கு மேல் நிற்கக்கூடாது. ஆகவே பந்து பிடிக்கத் தெரிந்த உள்ளூர்க்காரனுக்கு ஏக கிராக்கி. 'நீ நிஜமாக எந்த ஊர்?' என்று மறுகேள்வி கேட்காமல் தன் பிள்ளையை உள்ளூர்க்காரன் என்று சொன்ன முதல் இடம் அதுதான் என்பார் பவானி அக்கா. ஒருமுறை அமெரிக்காவிலிருந்து ஆட்கள் வந்தார்கள். ஓடச் சொன்னார்கள், குதிக்கச் சொன்னார்கள், உள்ளங்கையை விரிக்கச் சொல்லி அளந்தார்கள், நன்றி என்றார்கள். அப்புறம் முழங்காலில் ஒரு ஆபரேஷன். இந்த சீசனோடு ஒப்பந்தம் முடிகிறது. இன்னும் ஒரே ஒரு சீசன் வேண்டும் என்பது அவன் ஆசை.

அவனுக்குக் கல்யாணம் ஆகவேண்டும் என்பது அம்மாவின் ஆசை.

ஹனோவரிலிருந்து ஒரு சம்பந்தம் வந்தது. பெண் சிந்துஜா, ஃபிசியோதெரபிஸ்ட். சாதகம் பொருந்தியது. சம்பிரதாயப்படி வீட்டுக்கு வந்து பார்க்கலாம் என்றார்கள். பெண்தான் மறுத்தாளாம். வீட்டில் எல்லோரும் அயர்ன் பண்ணின சட்டையோடுதானே உட்கார்ந்திருப்பார்கள், வேலை செய்யும் இடத்தில் பார்க்கிறேன் என்று. அந்த மாதமே நிரோஷனின் அணிக்கு ஹனோவரில் ஒரு மேட்ச் இருந்தது.

நான் எப்படி உள்ளே வந்தேன்? முன்பு வேலை நிமித்தம் சில வருடங்கள் ஒஹையோவில் குப்பை கொட்டியவள் நான். அங்கே ஞாயிற்றுக்கிழமை ஃபுட்பால் பார்க்காவிட்டால் பேச ஆள் கிடைக்காது. "தங்கச்சி, நீங்கள் வந்து அவையளுக்கு விளங்கப்படுத்துங்கோ" என்று பவானி அக்கா கையைப் பிடித்துக்கொண்டார். ஒரு இடத்தில் உட்காரத் தெரியாத கால் எனக்கு. ரயில் டிக்கெட் என்றால் கேட்கவே வேண்டாம்.

ரயிலில்தான் அவர் வயிற்றில் கட்டியிருந்த நெருப்பைச் சொன்னார். பெண்ணின் அப்பா போனில் ஒரு நிபந்தனை போட்டிருக்கிறார். கல்யாணம் என்றால் விளையாட்டை விட்டுவிட வேண்டும். இதை மகனிடம் பவானி அக்கா சொல்லவில்லை. இன்றைக்கு நேரில் பேசுவார்களாம்.

"சொன்னால் விளையாட்டு போயிடும். சொல்லாட்டில் கலியாணம் போயிடும்" என்றார். மடியில் ஒரு டப்பா நிறைய, இறைச்சி வைத்துப் பொரித்த ரோல்ஸ்.

மைதான வாசலில் அந்த ரோல்ஸை உள்ளே விடவில்லை. செக்யூரிட்டி மெட்டல் டிடெக்டரை டப்பாமேல் ஓட்டிப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார். அதனால் மாப்பிள்ளை வீட்டு முதல் உபசாரம் கேட்டுக்கு வெளியே, நின்றபடி நடந்தது. பெண்ணின் அப்பா தில்லைநாதன் அண்ணை மூன்று சாப்பிட்டார். செக்யூரிட்டிக்கும் ஒன்று போனது.

அண்ணை ஒரு கிடங்கில் பார்சல் ஏற்றி இறக்கி ஓய்வுபெற்றவர். மனைவிக்கு அன்று வேலை. மகளோடு வந்திருந்தார். கழுத்தில் பைனாகுலர். மாப்பிள்ளையைப் பார்க்க இதைவிடத் தயாராக யாராவது வந்திருக்கிறார்களா?

"எது பெடியன்?"

எண்பத்தேழாம் நம்பர் என்றேன். பைனாகுலரை வைத்தார். திருகினார். துடைத்தார். மறுபடி வைத்தார்.

"கம்பிதான் தெரியுது."

ஹெல்மெட்டின் கம்பி. உள்ளே இருப்பது மாப்பிள்ளையா, மாற்றான் பிள்ளையா, யாருக்குத் தெரியும்? பெண் பார்க்க வரும்போது தலையைக் குனிந்துகொண்டு முகத்தைக் காட்டாத பெண்களைப் பற்றி எவ்வளவு எழுதியிருக்கிறோம்... இங்கே ஒரு மாப்பிள்ளை இரண்டு மணி நேரம் முகத்தைக் காட்டாமல் நின்றான்.

மேட்ச் தொடங்கியது. நிரோஷன் முட்டினான். எழுந்தான். முட்டினான். விழுந்தான். எழுந்தான். பக்கத்தில் யாரோ பந்தோடு ஓடினார்கள், கூட்டம் அவர்களுக்குக் கத்தியது. இடைவேளை வரை பந்து அவன் பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. தில்லைநாதன் அண்ணை பைனாகுலரை இறக்கினார். முகம் சிவந்திருந்தது.

"ஏன் இவருக்கு ஒருத்தரும் பந்து குடுக்கினமில்லை?"

நான் ஆரம்பிப்பதற்குள் அவரே தொடர்ந்தார். "வேணுமெண்டுதான் செய்யினம். எனக்கு உது தெரியும், தங்கச்சி. நான் பழக்கிவிட்ட ஆக்களெல்லாம் எனக்கு மேலை போயிட்டினம். நான் கடைசி மட்டும் பெட்டியோடைதான் நிண்டனான். உந்தப் பெடியனுக்கும் அதைத்தான் செய்யினம்."

ஃபுட்பால் விதி ஒன்றுகூடத் தெரியாத மனிதர். ஆனால் ஒருவன் நாள் முழுக்க முட்டுகிறான், பந்து இன்னொருவனுக்குப் போகிறது — அதைப் பார்த்ததும் அவருக்குத் தன் வாழ்க்கை தெரிந்துவிட்டது. நிபந்தனையோடு வந்தவர், பாதி மேட்சுக்குள் மாப்பிள்ளைக்காகக் கோர்ட்டுக்குப் போகத் தயாராகிவிட்டார்.

மெதுவாக விளக்கினேன். இது ஓரவஞ்சனை இல்லை, வேலையே அதுதான். இவன் முட்டித் திறக்கிற சந்தில்தான் மற்றவன் ஓடுகிறான். பயிற்சியாளர்கள் அதற்கும் மதிப்பெண் போடுகிறார்கள் என்று. முழுக்க நம்பவில்லை. "மார்க்ஸ் போட்டென்ன? ஒருக்கால் பந்தையும் குடுக்கலாம்தானே" என்றார்.

சிந்துஜா பந்தையும் பார்க்கவில்லை, கூட்டத்தையும் பார்க்கவில்லை. நிரோஷனின் காலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இரண்டாம் பாதியில் கொடுத்தார்கள்.

சுவராக நின்றவன் சட்டென்று சுவரிலிருந்து கழன்றான். நாலு எட்டு, ஒரு திருப்பம். பந்து அவன் தலைக்கு மேலே போய்க்கொண்டிருந்தது. இரண்டு கையும் வானத்துக்குப் போயின — அவ்வளவு உயரத்தில் ஒரு மனிதனின் விரல்கள் இவ்வளவு மென்மையாக மூடிக்கொள்ளும் என்று நான் நினைக்கவில்லை. பிடித்தான். அண்ணை எழுந்து நின்றுவிட்டார். கால் தரையைத் தொடுவதற்குள் இரண்டு பேர் இரண்டு பக்கமிருந்து அவனை இடித்தார்கள். அந்தச் சத்தம் நாங்கள் உட்கார்ந்திருந்த வரிசைவரை கேட்டது.

விழுந்தவன் எழவில்லை.

பவானி அக்கா என் மணிக்கட்டைப் பற்றியிருந்தார். ஊசி பிடிக்கும் விரல்கள். எவ்வளவு நேரமோ... பிறகு ஒரு முழங்கை அசைந்தது. உருண்டான், மண்டியிட்டான், எழுந்தான். பந்து இன்னும் கக்கத்தில் இருந்தது.

தில்லைநாதன் அண்ணை உட்கார்ந்தார். பைனாகுலரை உறைக்குள் போட்டு மூடினார்.

"போதும். இனி அவருக்குக் குடுக்க வேண்டாம்."

சிரிக்கலாம். நானும் சிரித்தேன். ஆனால் யோசித்துப் பாருங்கள். நம் பிள்ளைக்கு ஏன் பந்து தரவில்லை என்று வருடக்கணக்கில் உலகத்தோடு சண்டை போடுகிறோம். தந்த அடுத்த நிமிடம் பிள்ளையை வீட்டுக்குக் கூப்பிடுகிறோம். இரண்டும் ஒரே வாய்தான். இரண்டும் ஒரே பயம்தானோ என்னவோ.

மேட்ச் தோல்வி. முடிந்ததும் வீரர்கள் வேலி ஓரமாக வந்து உறவுகளோடு பேசினார்கள். நிரோஷன் ஹெல்மெட்டைக் கழற்றினான். நெற்றியில் சிவந்த பட்டை, மூக்கில் மண், அம்மாவின் அதே சிரிப்பு. மத்தியானம் முழுக்க அந்த முகத்துக்காகக் காத்திருந்த அண்ணை, இப்போது கூச்சப்பட்டுக்கொண்டு கோல் கம்பத்தைப் பார்த்தார்.

முதலில் பேசியது சிந்துஜா. வணக்கம் இல்லை, எப்படி சுகம் இல்லை.

"இடது முழங்கால் எவ்வளவு நாளா?"

அவன் அம்மாவை ஒரு பார்வை பார்த்தான். "அதொண்டுமில்லை."

"வலப்பக்கம் திரும்பேக்கை ஒரு சின்ன அடி கூட வைக்கிறீங்கள். காட்டுங்கோ."

வேலிக்கு அந்தப் பக்கம் புல்லில் உட்கார்ந்தான். காற்சட்டையை மேலே சுருட்டினான். உள்ளே தடியாக ஒரு பேண்டேஜ்.

கர்ர்ர்க்.

முழங்கால் பன் ரொட்டி போல உப்பியிருந்தது. இந்த சீசன் பாதியிலிருந்தே இப்படித்தானாம். கோச்சுக்குத் தெரிந்தால் அடுத்த ஒப்பந்தம் வராது. "அம்மாவுக்கும் தெரியாது" என்றான், ஏதோ அது ஒரு ஆறுதல் மாதிரி.

"தெரியும்" என்றார் பவானி அக்கா. "காற்சட்டையிலை இடது காலை மட்டும் கொஞ்சம் அகட்டித் தாங்கோ எண்டு குடுத்தனி. நான் என்ன, கண்ணை மூடிக்கொண்டே தைக்கிறனான்?"

தில்லைநாதன் அண்ணை தொண்டையைச் செருமினார். நிபந்தனையைச் சொல்ல இதைவிட நல்ல நேரம் கிடைக்குமா? மருத்துவமே அவர் பக்கம். பவானி அக்கா தலையைக் குனிந்துகொண்டார்.

"அப்பா, பொறுங்கோ" என்றாள் சிந்துஜா. பிறகு அவனிடம் திரும்பினாள். "விளையாட்டை விடச் சொல்லி நான் கேக்கேல்லை. ஒளிக்கிறதை விடுங்கோ. திங்கக்கிழமை உங்கட டீம் டொக்டரிட்டைச் சொல்லுங்கோ. அவர் ஏலாதெண்டால் ஏலாதுதான்." மறுபடி முழங்காலைப் பார்த்தாள். "என்ன சொன்னாலும், வெள்ளிக்கிழமை ரெண்டு மணிக்கு என்னட்டை ஒரு டெர்மின் இருக்கு."

இந்த நாட்டில் வாழ்கிறவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. பல்வலிக்கு டெர்மின், அதாவது வந்து காட்ட ஒரு நேரம் கேட்டால் பல் விழுந்த பிறகு தருவார்கள். அப்படிப்பட்ட தேசத்தில் ஒரு பெண் கேட்காமலே டெர்மின் தருகிறாள் என்றால், அதற்கு மேல் என்ன சம்மதம் வேண்டும்?

நிரோஷன் ஹெல்மெட்டை மடியில் வைத்துச் சுற்றிக்கொண்டிருந்தான். சொன்னால் அந்த ஒரு சீசன் போகலாம். பாதி வாழ்க்கையாக முட்டியதெல்லாம் அந்த ஒரு சீசனில் வந்து நிற்கிறது. இவள் அதைக் கேட்கிறாள்... இல்லை, அதைக் கேட்கவில்லை. உண்மையைத்தான் கேட்கிறாள். சில நாட்களில் இரண்டுக்கும் ஒரே விலை.

"ஓம்" என்றான். "சொல்றன்."

சொன்னானா? சொன்னான். கொஞ்ச நாள் உட்காரச் சொல்லியிருக்கிறார்கள். அடுத்த ஒப்பந்தம் இன்னும் பேச்சில்தான் இருக்கிறது. வரலாம், வராமலும் போகலாம். வெள்ளிக்கிழமை மட்டும் தவறாமல் ஹனோவர் ரயிலில் ஏறிவிடுகிறான். பவானி அக்கா அந்தக் காற்சட்டையைப் பிரித்து, இரண்டு காலையும் ஒரே அளவாகத் தைத்து மாட்டி வைத்திருக்கிறார்.

ஆனால் என் மனசு அந்த மாலையின் கார் பார்க்கிங்கைவிட்டு நகர மறுக்கிறது. தில்லைநாதன் அண்ணை காரை ஸ்டார்ட் செய்துவிட்டார். பக்கத்தில் சிந்துஜா பெல்ட் போட்டுக்கொண்டிருந்தாள். நிபந்தனை பற்றி அவர் வாயிலிருந்து ஒரு சொல் வரவில்லை. இப்போது வரும், இப்போது வரும் என்று பவானி அக்கா காலி ரோல்ஸ் டப்பாவை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார். கார் நகர்ந்தது. நின்றது. கண்ணாடி இறங்கியது. அண்ணை என்னைக் கைகாட்டிக் கூப்பிட்டார் — அவரைப் பொறுத்தவரை அந்த விளையாட்டுக்கு நான்தானே அதிகாரி.

"தங்கச்சி, பந்து எறியிற அந்தப் பெடியனிட்டை ஒருக்கால் சொல்லி வையுங்கோ... எங்கட பிள்ளைக்கு எறியேக்கை, கொஞ்சம் பாத்து எறியச் சொல்லி."