சேணத்தின் அடித்தோல்

கண்டக்டர் டிக்கெட் கிழிப்பதற்குள் பீர் முகமதுவின் இரண்டு விரல்கள் அவருடைய தோல்பையைக் கிள்ளிப் பார்த்துவிடுகின்றன. "சரியா ஊறாத தோலு அப்பு. மழைக்குத் தாங்காது." சாணார்பட்டி பஸ்ஸில் ஏறுகிற அத்தனை பேருக்கும் இந்த விரல்கள் பழக்கம். எதிரே வருகிறவரின் முகத்தைப் பார்க்குமுன் செருப்பைப் பார்க்கிற மனிதர். பேகம்பூரில் தோல் பதனிடும் தொழில். அத்தர் மணமும் ஊருக்கே கேட்கிற குரலும் உண்டு; சந்தேகம் என்ற ஒன்று மட்டும் அவரிடம் கிடையாது.

போன மாதம் வரை, வெள்ளிக்கிழமை ஜும்மா முடிந்ததும் நேரே வாசகசாலையின் பின்னறைக்கு வருவார். கோட்டைப் பக்கம் கிடைத்த பழம்பொருள்களை அங்கே காட்சிக்கு வைத்திருக்கிறார்கள். வாளையும் பீரங்கிக் குண்டையும் அவர் ஏறெடுத்தும் பார்த்ததில்லை. ஒரு குதிரைச் சேணத்தின் முன்னால்தான் நிற்பார். 'எங்கே செய்தது என்று தெரியவில்லை' என்று 1957-இல் எழுதிய அட்டை அதன்மேல் அப்படியே தொங்கியது.

"ஏன் தெரியாது? கோட்டைக்குத் தோலு குடுத்தது எங்க வீடு!"

அதை மறுக்கிற ஒரே ஆள் பக்கத்துத் தெரு நூர் முகமது. அவர் வீட்டுத் தோல்தான் கோட்டைக்குப் போனதாம். இந்தச் சண்டையில் அவர் வீட்டுக் கல்யாணத்தில் பாதிப் பிரியாணியில் எழுந்து வந்தவர் நம் பாய். அன்றிலிருந்து பேச்சுவார்த்தை இல்லை.

அந்தக் காலத்தில் தோல் ஊறும் குழி எல்லோருக்கும் பொது. கலந்துவிடாமலிருக்க ஒவ்வொரு வீட்டாரும் தோலின் ஓரத்தில் தங்கள் துளைக்குறியைப் போட்டுவிடுவார்கள். சேணத்தின் அடித்தையலைப் பிரித்தால் குறி தெரிந்துவிடும்.

"பிரிங்க சார். அடுப்புக்கல்லு மாதிரி மூணு துளை, எங்க வீட்டுக் குறி இருக்கும். இல்லேன்னா இனி இந்தப் படி மிதிக்க மாட்டேன்!" என்று காப்பாளர் மரியசெல்வத்திடம் சவால் விட்டார்.

பிரித்தார்கள். அருகருகே இரண்டு துளைகள். நூர் முகமது வீட்டுக் குறி.

"தைச்சிருவோமா பாய்? நம்ம ரெண்டு பேருக்குத்தானே தெரியும்" என்றார் மரியசெல்வம் மெல்ல. பாய் படியிறங்கிப் போனார். பார்க்கப் பாவமாக இருந்தது.

அடுத்த வெள்ளிக்கிழமை வாசலில் அதே குரல். நூர் முகமதுவைக் கையைப் பிடித்து இழுத்து வந்திருந்தார்.

"உள்ள போய்ப் பாருங்க பாய். உங்க வீட்டுத் தோலுதான். நான் சொல்றேன், சந்தேகமே வேணாம்!"

"நீங்க வரலயா?"

"நான் சொன்ன சொல்லு இருக்குல்ல."

நூர் முகமது உள்ளே போனார். பீர் முகமது படிக்குக் கீழே வெயிலில் நின்றார். செத்த நேரம் கழித்துக் குனிந்து, நூர் முகமது கழற்றிவிட்டுப் போன செருப்பை எடுத்தார். வாரை இரண்டு விரலால் கிள்ளிப் பார்த்தார். பிறகு தூசி தட்டி, வெளியே வருகிறவர் கால் நுழைக்க வாகாகத் திருப்பி வைத்தார்.