ஹவெலின் மகளும் திருநாவுக்கரசின் மகனும்

பாரிஸில் எந்த ஆஸ்பத்திரிக்குப் போனாலும் நம்மவர்களுக்கு ஒரு வசதி உண்டு. நம் முறை வந்துவிட்டதைப் பெயரைக் கேட்டு அறிய வேண்டியதில்லை. மௌனத்தை வைத்தே அறிந்துகொள்ளலாம்.

மதாம் இன்னார், மிஸியூ இன்னார் என்று வரவேற்பு மேசைப் பெண் சரளமாகக் கூப்பிட்டுக்கொண்டே வருவார். திடீரென்று நின்றுவிடுவார். கண்ணாடியை மூக்கில் ஏற்றிவிட்டுக்கொண்டு திரையை உற்றுப் பார்ப்பார். அப்போதே நாம் பையைத் தூக்கிக்கொண்டு எழும்பிவிடலாம்.

போன செவ்வாய்க்கிழமை அந்த மௌனம் வந்தபோது நான் மனோ அன்ரிக்குப் பக்கத்தில் இருந்தேன். அவருக்குப் பிரஷர், சீனி இரண்டும் உண்டு. பிரெஞ்சு இல்லை. ஆகவே மொழிபெயர்க்க நான்.

"அந்தப் பிள்ளை கொஞ்சம் தண்ணி குடிச்சிட்டுச் சொல்லட்டும்" — இந்த இடத்தில் அன்ரி வழக்கமாகச் சொல்லும் பகிடி இது. அன்று சொல்லவில்லை. "மதாம் திரு… திருனா…" என்று அந்தப் பெண் தடுக்கி விழுந்ததும் அன்ரி வழக்கமாகச் செய்யும் காரியம் ஒன்றும் உண்டு. வாசலைத் திரும்பிப் பார்ப்பார். அதையும் செய்யவில்லை.

அதனால்தான் இந்த வாரப் பத்தியில் மிளகாய்த்தூள், மெற்றோ வேலைநிறுத்தம் எல்லாவற்றையும் தள்ளி வைத்துவிட்டு இதை எழுதுகிறேன்.

மனோ அன்ரி, பாரிஸ் புறநகரான சார்செலில் எங்கள் பக்கத்துக் கட்டடத்தில் இருக்கும் ரமணன் அண்ணையின் தாய். அண்ணை இங்கே பல வருடமாக ஒரு பிரெஞ்சு றெஸ்ரோறன்டில் சமையல். தகப்பனின் பெயர் திருநாவுக்கரசு. ஊரில் கூட்டுறவுச் சங்கக்கடை மனேச்சராக இருந்தவர். 2009இல் போரின் முடிவில் வன்னியிலிருந்து சனம் வெளியே வந்தபோது ஆமிக்காரர் ஆண்களைத் தனி வரிசையில் நிற்கச் சொன்னார்களாம். "நீ நட, நான் பின்னாலை வாறன்" என்று அன்ரியிடம் சொல்லிவிட்டு அந்த வரிசைக்குப் போனவர்.

அன்ரி நடந்தார். நடந்து, முகாமில் இருந்து, எங்கெங்கோ விசாரித்து, சில வருடங்களுக்குப் பிறகு பாரிஸுக்கு மகனிடம் வந்து சேர்ந்தார். பின்னால் வருகிறேன் என்றவர் இன்னும் வரவில்லை. செத்தவருக்குச் செய்யும் அந்திரட்டி செய்யவில்லை. நெற்றியில் பொட்டு இருக்கிறது. அதைப் பற்றி யாரும் பேசுவதும் இல்லை.

இன்னொன்று. அன்ரி கணவரின் பெயரை வாயால் சொன்னதே கிடையாது. "இஞ்சேருங்கோ" என்றுதான் கூப்பிட்டிருக்கிறார். மற்றவர்களிடம் பேசும்போது "ரமணன்ரை அப்பா". அந்தக் காலத்துப் பழக்கம். ஆனால் பிரான்ஸுக்கு அது தெரியுமா? அதன் படிவங்களில் இருப்பது இரண்டே இரண்டு பெட்டி. ஒன்றில் குடும்பப் பெயர், மற்றதில் உங்கள் பெயர். நமக்கு ஏது குடும்பப் பெயர்? தகப்பன் பெயரைத் தூக்கி முதல் பெட்டிக்குள் போட்டோம். மகனுக்குத் திருநாவுக்கரசு. மனைவிக்கும் திருநாவுக்கரசு. இங்கே பிறந்த பேத்திக்கும் திருநாவுக்கரசு.

ஆகவே எந்தக் கவுன்டரில் பெயர் கேட்டாலும் அன்ரி வாயைத் திறக்க மாட்டார். பக்கத்தில் நிற்பவர் சொல்ல வேண்டும். மண்டபத்தில் அந்தப் பெயரைச் சத்தமாகக் கூப்பிட்டால் — வாசல். தன்னைக் கூப்பிடுகிறார்கள் என்பது அவருக்குத் தெரியாமல் இல்லை. ஆனாலும் கழுத்து திரும்பிவிடும்.

இந்தக் கதைக்குள் வேல்ஸ் தேசம் வந்து சேர்ந்தது என்னால்.

என் அலுவலகத்தில் பவல் என்று ஒருத்தி வேலைக்கு வந்தாள். வேல்ஸ்காரி. பெயர்கள் என்றால் எனக்குப் பைத்தியம் என்பது உங்களுக்குத் தெரியும். முதல் நாளே மதியச் சாப்பாட்டில் பிடித்துக்கொண்டேன். பவல் என்றால் என்ன அர்த்தம்?

ஹவெலின் பிள்ளை என்றாள்.

நான் கரண்டியைக் கீழே வைத்துவிட்டேன். அவர்களுக்கும் ஒரு காலத்தில் குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாதாம். நம்மைப் போலவே தகப்பன் பெயர்தான். ரீஸின் மகன், ஓவனின் மகன், ஹவெலின் மகன். 'மகன்' என்பதற்கு அவர்கள் மொழியில் 'அப்'. இன்னாரின் மகன், அவர் இன்னாரின் மகன் என்று ஒரே மூச்சில் பாட்டன் பூட்டன் வரை சொல்வார்களாம். பிறகு இங்கிலாந்தின் நீதிமன்றமும் எழுத்தர்களும் வந்தார்கள். இவ்வளவு நீளம் எழுதக் கை வலிக்காதா? வெட்டினார்கள். 'அப் ஹவெல்' பவலானது. 'அப் ரீஸ்' பிரைஸானது. அந்த நேரத்தில் எந்தத் தகப்பன் இருந்தாரோ அவர் அப்படியே உறைந்துபோனார். நூற்றாண்டுகளாக எல்லாப் பிள்ளைகளும் அவர் ஒருவருக்கே பிள்ளைகள்.

ஹவெல் என்றால் கண்ணுக்கு நன்றாகத் தெரிகிறவன் என்று பொருளாம். யார் அந்த ஹவெல் என்று கேட்டேன். பவல் தோளைக் குலுக்கினாள். யாருக்கும் தெரியாது, செம்மறி வளர்த்தவராக இருக்கலாம், பெயர் மட்டும்தான் மிச்சம் என்றாள். சொல்லிவிட்டு யோகர்ட்டைத் திறந்தாள்.

எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. மாலையே தமிழ்க் கடைகள் நிறைந்த லா சப்பலுக்கு ஓடினேன். மதியச் சமையலுக்கும் இரவுச் சமையலுக்கும் இடையில் ரமணன் அண்ணைக்கு ஓய்வு. அந்த நேரத்தில் லா சப்பலில் தேத்தண்ணியும் ரோல்ஸுமாக நிற்பார். கதை முழுவதையும் அவரிடம் கொட்டினேன். நாம் மட்டும் இல்லை அண்ணை, வெள்ளைக்காரரும் இதே சிக்கலில் மாட்டியவர்கள்தான்…

அண்ணை ரோல்ஸை மென்று முடித்துவிட்டு, "அப்ப அவங்களும் வெட்டினவங்கள்" என்றார்.

நான் சொன்னதில் அவர் எடுத்துக்கொண்டது அது ஒன்றைத்தான். அவர் பிரெஞ்சுக் குடியுரிமைக்கு விண்ணப்பிக்கப் போகிறார் என்பதும், அந்த விண்ணப்பத்திலேயே குடும்பப் பெயரைப் பிரெஞ்சுப் பெயராக மாற்றிக் கேட்கலாம் என்பதும் அன்றுதான் எனக்குத் தெரிய வந்தது. புதுப் பெயரும் ரெடி. தியெரி.

"அன்ரிக்குத் தெரியுமோ அண்ணை?"

"சொல்லத்தானே வேணும்" என்றார். தேத்தண்ணிக் கப்பைக் கசக்கிக் குப்பையில் போட்டுவிட்டு மெற்றோப் படிகளில் ஏறிப் போய்விட்டார்.

அவர் சொல்லவில்லை. அடுத்த ஞாயிறு அவர்கள் வீட்டில் சாப்பிடும்போது நான் அன்ரிக்கும் பவலின் கதையைச் சொன்னேன். பெயர் மாற்றத்தைப் பற்றி மூச்சு விடவில்லை. வெறும் பவல், ஹவெல், செம்மறி. அன்ரி கரண்டியைப் பிடித்தபடி கேட்டுக்கொண்டிருந்தார். கடைசியில் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"அந்தப் பிள்ளை தேப்பனைக் கண்டதோ?"

இல்லை அன்ரி, அவர் தகப்பன் இல்லை, எத்தனையோ தலைமுறைக்கு முந்தியவர், யாரும் கண்டதில்லை என்றேன்.

"காணாட்டிலும் கூப்பிட்டுக்கொண்டு இருக்கினம் என்ன" என்றார் அன்ரி. என் கோப்பையில் இன்னொரு கரண்டி சொதி விழுந்தது. ரமணன் அண்ணை நிமிரவில்லை.

விண்ணப்பம் போனது. காலம் எடுத்தது. கிடைத்தது. வீட்டில் சந்தோஷம். அன்ரிகூட ரவைக் கேசரி கிண்டினார். மகனுக்குப் பிரெஞ்சுக் கடவுச்சீட்டு வரும் என்பதுதான் அவருக்கு விளங்கியது. பேத்தி மட்டும் கொப்பிகளின் அட்டையில் கலர்ப் பேனாவால் தியெரி, தியெரி என்று எழுதிக்கொண்டிருந்தாள். வகுப்பில் பெயர் கூப்பிடும்போது இனி யாரும் சிரிக்க மாட்டார்கள் அல்லவா? அன்ரிக்கு அந்த எழுத்துகள் தெரியாது. படம் கீறுகிறாள் என்று நினைத்திருக்கலாம்.

உண்மை ஒரு ஸ்குரூ டிரைவரோடு வந்தது.

அது ஒரு திங்கட்கிழமை. றெஸ்ரோறன்டுக்கு லீவு. அன்ரியின் மருந்துகளை வாங்கிக்கொண்டு நான் அவர்கள் கட்டடத்துக்குள் நுழைந்தபோது கீழே கடிதப்பெட்டிகளுக்கு முன்னால் கட்டடத்தைப் பராமரிக்கும் கார்டியன் நின்றார். அவர் கையில் புதுப் பெயர்த்தகடு. பக்கத்தில் ரமணன் அண்ணை. குப்பை போட இறங்கி வந்த அன்ரி, பையும் கையுமாக நின்றார்.

"என்னத்தைக் கழட்டுறார்?"

அண்ணை சொன்னார். இந்த முறை எல்லாவற்றையும் சொன்னார். மெதுவாக, தரையைப் பார்த்துக்கொண்டு.

அன்ரி சண்டை பிடிக்கவில்லை. குப்பைப் பையைக் கீழே வைத்தார். வெளிக்கதவைப் பார்த்தார். அங்கே, மணி அழுத்தும் பெட்டியில், வீடுகளின் பெயர்கள் ஒளிரும். "அவர் வந்து நிண்டா எந்த மணியை அமத்துவார்?" என்றார்.

கார்டியனுக்குத் தமிழ் தெரியாது. ஆனாலும் ஸ்குரூ டிரைவரைத் திருப்புவதை நிறுத்திவிட்டார்.

"அம்மா, குசினியிலை என்னை அந்தப் பேரிலைதான் கூப்பிடுறாங்கள்" என்றார் அண்ணை. "முழுக்க வராது. திரு எண்டு. திரு, சட்டி கழுவு. திரு, எருமை, சோஸ் அடிப்பிடிக்குது. ஒவ்வொரு நாளும் அப்பாவை நிப்பாட்டி வைச்சு ஏசுற மாதிரிக் கிடக்கு. எத்தினை வருசம் கேக்கிறது?"

இவ்வளவு காலமும் என்னிடம் பிள்ளையின் பள்ளிக்கூடம், பிரெபெக்சூர் அலுவலகம், உச்சரிப்பு என்று ஏதேதோ காரணம் சொல்லி வந்தவர். சங்கக்கடையில் எல்லோரும் மனேச்சர், மனேச்சர் என்று அழைத்த மனிதரின் பெயர், ஒரு பிரெஞ்சுக் குசினியில் தினமும் கழுவுத் தொட்டிக்குள் விழுந்துகொண்டிருந்திருக்கிறது. மகன் அதைத் தூக்கி வெளியே எடுக்கப் பார்த்திருக்கிறார். நான் என்னவோ வேல்ஸ், எழுத்தர், கைவலி என்று…

அன்ரி மகன் பக்கம் திரும்பினார்.

"ஏசட்டும்" என்றார். "ஏசினாலும் கூப்பிடுறாங்கள்தானே."

பிறகு குப்பைப் பையை எடுத்துக்கொண்டு வெளியே போனார்.

கார்டியன் என்ன செய்வது என்று கேட்டார். மணிப்பெட்டியில் ஒரு வீட்டுக்கு ஒரு பெயர்தான் போகுமாம். அது ஏற்கெனவே மாறிவிட்டதாம். அண்ணை பழைய தகட்டைக் கேட்டு வாங்கினார். கடிதப்பெட்டியில் தியெரிக்குக் கீழே அதைப் பசை போட்டு ஒட்டினார். கொஞ்சம் சரிந்துதான் இருக்கிறது. கட்டட விதிகளில் அதற்கு இடமில்லை. கார்டியன் பார்க்காத மாதிரிப் போகிறார். ஆக, திருநாவுக்கரசுக்குக் கடிதம் வரலாம். ஆள் வந்தால் வெளிக்கதவிலேயே நிற்க வேண்டியதுதான்.

ஒன்று யோசித்துப் பார்த்தேன். ஊரிலேயே இருந்திருந்தால் பேத்தி, ரமணனின் மகள் என்று எழுதியிருப்பாள். தாத்தாவின் பெயர் ஒரு தலைமுறையோடு கௌரவமாக ஓய்வு பெற்றிருக்கும். நம் முறையில் எந்தத் தகப்பனும் நிரந்தரம் இல்லை. அவரைக் கடல் தாண்டிக் கொண்டுவந்து உறையவைத்தது ஒரு காகிதப் பெட்டி. வெட்டியதும் இன்னொரு காகிதம். இரண்டுக்கும் நடுவில், அவர் இருக்கிறாரா இல்லையா என்று சொல்கிற காகிதம் மட்டும் ஒருவரிடமும் இல்லை.

அண்ணையை அதன் பிறகு லா சப்பலில் கண்டேன். இப்போது குசினியில் தியெரி என்றுதான் கூப்பிடுகிறார்களாம். எப்படி இருக்கிறது என்று கேட்டேன். "வேறை ஆரையோ ஏசுற மாதிரி இருக்கு. சுகம்தான்" என்றார். சுகம் என்று சொல்லும் முகமாக அது இல்லை. ரோல்ஸ் வாங்காமல் போய்விட்டார்.

இனிப் போன செவ்வாய்க்கிழமை.

மௌனம் வந்தது. பெயர் பாதியில் உடைந்து விழுந்தது. அன்ரி வாசலைப் பார்க்காமல் எழுந்து நேரே மேசைக்குப் போனார். நான் பின்னால் ஓடினேன். கணினியைப் பார்த்தபடியே அந்தப் பெண் உறுதிப்படுத்திக்கொள்ளப் பெயர் கேட்டாள். வழக்கம்போல நான் வாயைத் திறந்தேன். அன்ரி என் கையைப் பிடித்து அமத்தினார்.

"திருநாவுக்கரசு" என்றார்.

மெதுவாக அல்ல. நடுக்கத்தோடும் அல்ல. 'வு'க்கும் 'க்'குக்கும் உரிய இடம் கொடுத்து, கடைசி 'சு' வரைக்கும். அந்த மண்டபத்தில் அந்தப் பெயரை வேறு யாராவது ஒழுங்காக உச்சரித்து நான் கேட்டது அதுதான் முதல் தடவை. நாவுக்கு அரசர் என்று பொருள். அன்ரியின் நா அந்தப் பெயரை இத்தனை வருடத்தில் ஒரு தடவைகூடத் தொட்டதில்லை. மேசைப் பெண் நிமிர்ந்து பார்த்து, நன்றி மதாம் என்றாள்.

நான் அன்ரியின் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும். "என்ன பாக்கிறாய் பிள்ளை?" என்றார். "அவன் விட்டிட்டான். பள்ளிக்கூடத்திலையும் இனிக் கூப்பிடாயினம். அப்ப நான்தானே கூப்பிடோணும்."

சொல்லிவிட்டு மருத்துவரின் அறையை நோக்கி நடந்தார். வாசலைத் திரும்பிப் பார்க்கவில்லை.

பார்த்தது நான்தான்.