இரு சூரியப் பஞ்சாங்கத்தில் விடுபட்ட மாதம்

குரோதன வருஷத்து ஐப்பசியில் கண்டியில் மழை விட்டபாடில்லை. நான் வேலை பார்த்த காப்பிக் கிட்டங்கி ஏரிக்கு மேலே சரிவில் இருந்தது. தோட்டங்களிலிருந்து மாட்டுவண்டியில் வரும் ஈரக் கொட்டையைக் களத்தில் பரப்பிக் காயவைத்து, மூட்டை கட்டி, கடுகண்ணாவைக் கணவாய் வழியாகக் கொழும்புக்கு அனுப்புவது எங்கள் தொழில். ரயில் அப்போது கண்டிக்கு வந்திருக்கவில்லை. வெயில் எட்டிப் பார்த்தால் பரப்ப வேண்டும். மேகம் கறுத்தால் அள்ள வேண்டும். அன்றன்று எத்தனை நாழிகை வெயில் அடித்தது என்று நான் குறித்து வைப்பேன். கிட்டங்கியை நடத்திய வெள்ளைக்காரத் துரை அதை ஒருநாளும் கேட்டதில்லை.

வீட்டில் நானும் மனைவியும் மட்டும்தான். அவள் முழுகாமல் இருந்தாள். தலைப்பிரசவத்துக்குத் தாய்வீடு போவது எங்களில் வழக்கம். அவளுடைய தாய்வீடோ ராமநாதபுரத்துச் சீமையில் இருந்தது. மாத்தளை, தம்புள்ளை, அப்பால் காடு, பிறகு மன்னார்க் கரை, அதற்கும் பிறகு தோணி. அந்தப் பாதையில் வாந்திபேதியில் விழுந்தவர்களைப் பற்றிக் கிட்டங்கியில் தினமும் பேச்சு அடிபடும். அவள் போக வேண்டும் என்று நினைத்தாள். போகக் கூடாது என்று நான் நினைத்தேன். இருவரும் வாய் திறக்கவில்லை.

அதற்குப் பதிலாக வானத்தைப் பற்றிப் பேசினோம். பாதிரியார் ஒருவர் இரவல் தந்த ஆங்கிலப் புத்தகத்தை மாலையில் அவளுக்குத் தமிழில் சொல்லிக்கொண்டிருந்தேன். ஒற்றையாகத் தெரியும் சில நட்சத்திரங்கள் உண்மையில் இரண்டு, ஒன்றையொன்று சுற்றி வருபவை என்று அதில் இருந்தது.

"அப்ப அங்கிட்டு இருக்கிறவங்களுக்கு ரெண்டு சூரியனா?"

"இருக்கலாம்."

"காப்பி பட்டுன்னு காஞ்சிரும். உங்க துரைய அங்க போய்க் கிட்டங்கி போடச் சொல்லுங்க."

சிரித்தேன். ஆனால் அன்று முழுவதும் ஒரே யோசனை. இரண்டு சூரியன் இருந்தால் நாளை எங்கே தொடங்குவது? கண்டியிலோ ஒரு நாளுக்கு நாலு கணக்கு. எனக்குத் தமிழ் மாதம், ஆபீசுக்கு ஆங்கிலத் தேதி, முஸ்லிம் கடை முதலாளிக்குப் பிறை, வண்டிக்காரச் சிங்களவருக்குப் போயா என்ற நிலா நாள். ஐந்தாவதாக ஒன்றை நாமே செய்துவிடலாம் என்று அவளிடம் சொன்னேன்.

பாயில் காப்பிக் கொட்டைகளை வட்டமாக அடுக்கினோம். பெரிய சூரியனுக்கு ஒரு செம்பு, சின்னதற்கு ஓர் எலுமிச்சம்பழம். இரண்டும் சேர்ந்து உதித்துச் சேர்ந்தே மறையும் காலத்துக்குக் கூடல் என்று பெயர் வைத்தோம்; அப்போது மட்டும் முழு நீள இரவு உண்டு. பிறகு சின்னது நாளுக்கு நாள் பின்தங்கும், அது பிரிவு. ஒன்று மறையும்போது மற்றது உதிக்கும் காலம் எதிர். அப்போது இரவே கிடையாது. மறுபடி இரண்டும் அண்டி வருவது நெருக்கம். கூடலிலிருந்து கூடல் வரை ஒரு வருஷம்.

"ராத்திரியே இல்லைன்னா புருஷங்காரன் எப்ப வீட்டுக்கு வருவான்?" என்றாள்.

"மணி அடிச்சா வருவான்."

"நீங்க மணி அடிச்ச பிறகும் களத்துல நின்னு மேகத்தப் பாக்கிற ஆளு. உங்களுக்கு அந்த உலகம் ஆகாது."

பல மாலைகள் இப்படியே போயின. மாதங்களுக்கு நான் பெயர் வைத்தேன்: பூ மாதம், பழ மாதம், களத்து மாதம், வண்டி மாதம். மார்கழியில் ஒரு நாள், பஞ்சாங்க வேலை முற்றாக முடிந்துவிட்டது என்ற நினைப்பில் அவளை உட்காரவைத்துத் தொடக்கத்திலிருந்து சொல்லிக் காட்டினேன். அவள் கடைசி வரை கேட்டாள்.

"ஊருக்குப் போற மாசம் எங்க?"

தோட்டத்து ஆட்கள் எல்லோருக்கும் அந்த மாதம் உண்டு. பழம் பறித்து முடிந்ததும், தையில், கூட்டம் கூட்டமாக ஊருக்கு நடப்பார்கள். வருஷம் முழுக்கக் கிட்டங்கியிலேயே கிடக்கும் எனக்கு அது தோன்றவே இல்லை. அப்படித்தான் அப்போது எனக்கே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

"அங்க எல்லாரும் அந்த ஊர்க்காரங்கதானே. எங்க போகப் போறாங்க?" என்று சமாளித்தேன்.

"பொம்பளைங்க இருக்காங்கல்ல? அவங்களுக்கு ஆத்தா வீடு இல்லையா?"

இனிமேல் மழுப்ப முடியவில்லை. "எனக்குப் பயமா இருக்கு புள்ள. அந்த ரோட்டுல பேதியில விழுந்தவங்க கதைய தினமும் கேக்குறேன்."

"எனக்கு மட்டும் பயமில்லையா? இங்க இருந்து பெத்துக்கிறதுக்கும் பயமாத்தான் இருக்கு. போன மாசம் இந்தத் தெருவுலயே ரெண்டு வீட்டுல பேதி. ரெண்டு பயத்துல எங்க ஆத்தா பக்கத்துல இருக்கிற பயம் தேவலாம்."

அவள் வட்டத்தில் ஓரிடத்தை விரலால் விலக்கி, ஒரு பிடி கொட்டையை அங்கே குவித்தாள்.

"இது எத்தனை நாள்?" என்று கேட்டேன்.

"போய்ச் சேர்ற வரைக்கும்."

"மாசம்னா ஒரு அளவு வேணும்."

"அப்ப நீங்களும் கூட வந்து அளந்துக்கங்க."

மறுநாள் துரையிடம் போனேன். கடைசி மூட்டை கணவாய் இறங்கிய பிறகு போகலாம், திரும்பி வரும்போது என் நாற்காலியில் வேறு ஆள் இருந்தால் தான் பொறுப்பில்லை என்றார். அதை அப்படியே வீட்டில் சொன்னேன்.

"வேற ஆள் இருந்தா?"

"கண்டியில வேற கிட்டங்கி இல்லையா?"

அன்று குழம்பில் எனக்குப் பிடித்த கருவாடு இருந்தது.

தையில் ஊர் திரும்பும் கூட்டத்தோடு புறப்பட்டோம். அவளுக்கு ஒரு வண்டி பிடித்தேன். நான் பக்கத்தில் நடந்தேன். வழியில் யாராவது முகம் வாடியிருந்தால் வண்டியை விலக்கி ஓட்டச் சொல்வேன். நாள் குறிப்பதை அன்றோடு விட்டேன். தோணியில் ஏறியது என்ன கிழமை என்று கேட்டால் இன்றும் தெரியாது.

சித்திரையில் பெண் பிறந்தாள். முற்றத்தில் நின்றுகொண்டிருந்தேன். மாமியார் வாசலுக்கு வந்து, "மாப்ளே, பிள்ளைக்குச் சாதகம் எழுதணும். நாழிகை என்ன?" என்று கேட்டார். வானத்தை நிமிர்ந்துகூடப் பார்த்திருக்கவில்லை.

உள்ளேயிருந்து மனைவியின் குரல் வந்தது, களைப்பாக, ஆனால் தெளிவாக.

"அவருக்கு இன்னைக்கு ஒண்ணும் தெரியாது ஆத்தா. மொதல்ல சோத்தப் போடு."