எங்கள் தெருவுக்கு ஒரு மெம்பர்

என் வீட்டுக்காரர் டவுன் போர்டில் மெம்பராக இருந்தவர் என்று தெரிந்தால், இங்கே பதுளையில் இப்போதும் சிலர் எழுந்து நாற்காலியை என் பக்கம் தள்ளுகிறார்கள். நானும் உட்காருகிறேன். அந்த மெம்பர் வேலை எங்களை என்ன பாடு படுத்தியது என்று அவர்களிடம் சொன்னதில்லை.

நாங்கள் அப்போது இருந்தது பதுளையில் இல்லை. வண்டி ரோட்டோரம், நான்கு பக்கமும் தேயிலைத் தோட்டம் சூழ்ந்த ஒரு சின்ன ஊர். பெயரை எழுதப்போவதில்லை. எங்கள் ஆட்கள் இன்னும் அங்கே கடை வைத்துப் பிழைக்கிறார்கள். கடைத்தெருவின் கீழ்க்கோடியில், ஆற்றுக்கு இறங்கும் சரிவில் எங்கள் துணிக்கடை. முன்னால் கடை, பின்னால் வீடு. நான் திருச்சிப் பக்கத்திலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்தவள். அங்கே மிஷன் பள்ளிக்கூடத்தில் கொஞ்சம் தமிழ் படித்திருந்தேன்.

தெருவுக்கெல்லாம் ஒரே கிணறு. ஞாயிற்றுக்கிழமை சந்தைக்கு வரும் தோட்டத்துச் சனங்களும் அந்தத் தண்ணீரைத்தான் குடிப்பார்கள். அவர்களைக் கயிற்றைத் தொட விடமாட்டோம். நாங்கள் இறைத்து ஊற்றுவோம், அவர்கள் கையை ஏந்திக் குடிப்பார்கள். மழைக்காலம் வந்தால் மேலேயிருந்து வரும் சாக்கடை உடைந்து கிணற்றுப் பக்கம் ஊறும். தண்ணீர் பழுப்பேறும். பிள்ளைகளுக்குக் காய்ச்சலும் வயிற்றோட்டமும் வரும். மேல் ரோட்டில் துரைமார் பங்களாக்களும், கோர்ட்டில் வாதாடுகிற புரொக்டர்மார் வீடுகளும் இருந்தன. அங்கே மலையிலிருந்து குழாய் போட்டுத் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. அந்தக் குழாய் எங்கள் தெரு முனையைத் தொடாமலே திரும்பிப் போயிற்று.

போர்டுக்குத் தலைவர் கவர்மெண்டு வைத்த ஒரு வெள்ளைக்காரத் துரை. மற்ற மெம்பர் இடங்களில் ஒன்றிரண்டுக்கு மட்டும் வரி கட்டுகிறவர்கள் ஓட்டுப் போட்டு ஆள் அனுப்பலாம். அந்த வருஷம் எங்கள் தெருக்காரர்கள் ஒரு சாயங்காலம் கடைக்கு வந்து உட்கார்ந்தார்கள். பேச்சைத் தொடங்கியவர் பக்கத்துப் பாத்திரக்கடைக்காரர்.

"வெளிய நின்னு கத்திக்கிட்டே இருந்தா குழாய் வராது முதலாளி. நம்ம ஆளு ஒருத்தர் உள்ள போய் உக்காரணும். நீங்க நில்லுங்க."

"நானா? எனக்கு என்ன தெரியும்?"

"இங்கிலீஷ் தெரியுமே! தெருவுல வேற யாருக்குத் தெரியும்?"

அவருக்கு இங்கிலீஷ் தெரியும் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. வெள்ளைக்காரத் துரைசாணிமார் ரிப்பனும் பொத்தானும் வாங்க வந்தால் அவர்தான் பேசுவார். கொழும்புக்குச் சரக்குக் கேட்டு இங்கிலீஷில் எழுதுவார். கதவுக்குப் பின்னால் நின்று கேட்கும்போது எனக்குப் பெருமையாக இருக்கும். அவர் மாட்டேன் என்று நாலு தடவை சொல்லிவிட்டு ஐந்தாவது தடவை சும்மா இருந்தார். அதையே சம்மதம் என்று எடுத்துக்கொண்டார்கள்.

எதிரே நின்றவர் மேல் ரோட்டுப் புரொக்டர். ஓட்டுப் போடுகிறவர் துரைக்கு முன்னால் போய் நின்று, யாருக்கு என்று வாயைத் திறந்து சொல்ல வேண்டும். தோட்டத்துத் துரைமாரோடு வியாபாரம் வைத்திருந்த சிலர் அதற்குப் பயந்து, அன்றைக்கென்று காய்ச்சல் என்று படுத்துக்கொண்டார்கள். ஆனாலும் எங்கள் தெரு ஆண்கள் திரண்டு போனார்கள். வயதான எண்ணெய்ச் செட்டியாரைக் கையைப் பிடித்துக் கூட்டிப்போனார்கள். எங்களுக்கெல்லாம் ஓட்டு ஏது? பெண்கள் கிணற்றடியில் நின்றுகொண்டிருந்தோம். பாத்திரக்கடைக்காரர் மூச்சிரைக்க ஓடிவந்து, "ஜெயிச்சாச்சு!" என்று கத்தினார். அவர் சம்சாரம் என் கையைப் பிடித்துக்கொண்டு, "அண்ணி, இனிமே நம்ம வாசல்ல தண்ணி!" என்றாள். அவளுக்கு ஒரே மகள். கலியாணம் பேசிக்கொண்டிருந்தார்கள். அந்தப் பெண்ணும் அங்கே நின்று சிரித்துக்கொண்டிருந்தது.

முதல் கூட்டத்துக்குப் புதுக் கோட்டும் தலைப்பாகையுமாகப் போனார். திரும்பி வந்ததும் கேட்டேன்.

"குழாயைப் பத்திப் பேசினீங்களா?"

"எடுத்தவுடனே பேச முடியுமா? முறை இருக்கு."

அடுத்த கூட்டத்திலும் முறை இருந்தது. அதற்கடுத்த கூட்டத்திலும் இருந்தது. தண்ணீர் எடுக்கப் போனால் பெண்கள் என்னைச் சுற்றிக்கொண்டார்கள். "முதலாளி பேசினாராக்கா?" என்பார்கள். நான் முறை இருக்கு என்பேன். எனக்கும் அதற்கு மேல் ஒன்றும் தெரியாது.

ஒருநாள் சாப்பிட உட்கார்ந்தவர், பிசைந்த சோற்றை அப்படியே வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"எனக்கு ஒண்ணும் புரியல. கடையில துரைசாணியம்மா 'எவ்வளவு'ன்னு கேக்கும், நான் சொல்லுவேன். அங்க அவங்க பேசுறது ஆத்துத் தண்ணி மாதிரி ஓடுது. ஒரு வார்த்தையப் பிடிக்கிறதுக்குள்ள பத்து வார்த்தை போயிருது. எல்லாரும் கை தூக்கினா நானும் தூக்குறேன்."

"தெருக்காரங்ககிட்ட சொல்லிருங்களேன்."

"எப்படிச் சொல்றது? இங்கிலீஷ் தெரியும்னுதானே அனுப்பினாங்க."

சோறு ஆறுகிறது என்று மட்டும் சொன்னேன்.

சில மாதம் கழித்து, ஒரு கூட்டம் முடிந்து தெருமுனையிலேயே கையை ஆட்டிக்கொண்டு வந்தார். அப்படி அவர் முகத்தை நான் பார்த்ததில்லை. "வந்துருச்சு! இன்னைக்கு நம்ம தெரு விஷயந்தான். தெருப் பேரைச் சொன்னாங்க, கிணறுன்னாங்க, தண்ணின்னாங்க, காய்ச்சல்னாங்க. என் காதால கேட்டேன். எல்லாரும் கை தூக்கினாங்க. நாந்தான் முதல்ல தூக்கினேன். துரை என்னைப் பாத்துத் தலையசைச்சாரு."

தெருவே கூடிவிட்டது. பிள்ளையாருக்குத் தேங்காய் உடைத்தார்கள். பாத்திரக்கடைக்காரர் குழாய்க்குக் கீழே வைக்கப் பெரிய பித்தளை அண்டா ஒன்றை இப்போதே எடுத்துவைத்துவிட்டதாகச் சொன்னார். என் வீட்டுக்காரர் அன்றைக்கு இரண்டு தடவை சோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

அந்த வாரமே போர்டு ஆட்கள் வந்தார்கள். பலகையும் கல்லும் சுண்ணாம்பும் வண்டியில் வந்தன. குழாய் வேலைக்கு என்று நினைத்துப் பிள்ளைகள் வண்டிக்குப் பின்னால் ஓடின. வண்டி கிணற்றடியில் போய் நின்றது. கயிற்றையும் உருளையையும் கழற்றி ஓரமாகப் போட்டுவிட்டு, கிணற்றின் வாய்க்குக் குறுக்கே பலகை அடிக்கத் தொடங்கினார்கள். சத்தம் கேட்டு இவர் கடையிலிருந்து ஓடினார். நான் வாசலில் நின்றேன்.

"என்ன செய்றீங்க? இது நாங்க குடிக்கிற கெணறு!"

வேலையைப் பார்க்க வந்த ஓவர்சியர் யாழ்ப்பாணத்துக்காரர். மரியாதையான மனிதர். இவரைத் தனியே கூட்டிப்போய்ப் பேச நினைத்தார் போலிருக்கிறது. அதற்குள் சனம் சூழ்ந்துவிட்டது.

"முதலாளி, இது போர்டு எடுத்த முடிவெல்லோ. தண்ணி கூடாது, காய்ச்சல் பரப்புது, கிணத்தை மூட வேணும் எண்டு. நீங்களும் கை உயர்த்தினீங்கள்தானே. நானும் அங்கைதான் நிண்டனான்."

"அப்ப குழாய்?"

"குழாயைப் பற்றி ஒருத்தரும் கதைக்கேல்லை."

யாரும் இவரைத் திட்டவில்லை. ஒருவராவது திட்டியிருந்தால் நன்றாயிருந்திருக்கும். எல்லாரும் அவரைப் பார்த்தார்கள், பிறகு கிணற்றைப் பார்த்தார்கள். அவர் பலகைமேல் ஒரு கையை வைத்துக்கொண்டு நின்றார். ஆணி அடிக்கிறவன், "கொஞ்சம் கையை எடுங்க" என்றான். எடுத்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு தண்ணீருக்கு ஆறுதான். சரிவில் குடத்தோடு இறங்கி ஏற வேண்டும். ஆற்றுக்கு மேலே தோட்டத்துச் சனங்கள் குடியிருக்கிற லயங்களின் கழிவெல்லாம் அதில்தான் கலக்கும் என்று எல்லாருக்கும் தெரியும். மேல் ரோட்டுக் குழாயில் பிடிக்கப் போனால் காவல்காரன் விரட்டினான். சந்தைக்கு வந்த தோட்டத்துச் சனங்கள் மூடின கிணற்றைப் பார்த்துத் திகைத்து நின்றார்கள். பசறைப் பக்கத்துத் தோட்டத்திலிருந்து வழக்கமாக எங்கள் கடைக்கு வரும் ஒரு அம்மாளிடம் நடந்ததைச் சொன்னேன். நான் சொல்லி முடித்ததும் அவள் ஆச்சரியமாகக் கேட்டாள்.

"போர்டுக்காரங்க கூடிப் பேசியா மூடினாங்க? எங்க லயத்துப் பீலியில தண்ணி வரலன்னா ஏன்னு கேக்கக்கூட வழி இல்லீங்க. கங்காணிகிட்ட சொன்னா, வாய மூடிக்கிட்டுப் பெரட்டுக்குப் போயி வேலைக்கு நில்லுங்கறாரு. ஒங்களுக்காவது உள்ள ஒரு ஆளு இருக்காரு."

அவள் கேலியாகச் சொல்லவில்லை.

பாத்திரக்கடைக்காரர் மகளுக்கு முதலில் காய்ச்சல் வந்தது. அடுத்து இன்னும் இரண்டு வீட்டில். ஆண்கள் போய்க் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டார்கள். கடைசியில் பெண்கள் நாங்களே தலைவர் துரையைப் பார்க்கப் புறப்பட்டோம். அதுவரை எங்களில் யாரும் போர்டுக் கட்டிடத்துப் படியேறியதில்லை. வெராண்டாவில் வெயில் ஏறும்வரை நின்றோம். பிறகு துரையே வெளியே வந்தார். பக்கத்தில் மொழிபெயர்க்கிற முதலியார். பாத்திரக்கடைக்காரர் சம்சாரம்தான் பேசினாள். மகள் படுத்திருப்பதைச் சொன்னாள். கிணற்றைத் திறந்துவிடுங்கள், இல்லையென்றால் ஒரு குழாய் போடுங்கள் என்றாள்.

துரை கோபப்படவில்லை. கடைசிவரை பொறுமையாகக் கேட்டுவிட்டு ஏதோ சொன்னார். முதலியார் எங்கள் பக்கம் திரும்பினார்.

"துரை ரொம்ப வருத்தப்படுறார். கெட்ட தண்ணியை நீங்க குடிக்கக்கூடாதுன்னுதான் மூடினாங்களாம். உங்க தெருவுக்கு நீங்களே அனுப்பின மெம்பர் இருக்கார். அவரும் சம்மதிச்சுத்தான் இது நடந்திருக்கு. குறை இருந்தா அவர்கிட்ட சொல்லச் சொல்றார். அதுதான் முறையாம்."

அந்த மெம்பரின் பெண்டாட்டி நான் என்று துரைக்குத் தெரியாது. முதலியாருக்குத் தெரிந்திருக்கும். அவர் என்னைப் பார்க்காமல் உள்ளே போனார். திரும்பி வருகிற வழியில் பாத்திரக்கடைக்காரர் சம்சாரம் என் தோளில் கைபோட்டு நடந்தாள். அவள் என்னை விலக்கி நடந்திருந்தால் தாங்கியிருப்பேன்.

அந்தப் பெண் பிழைக்கவில்லை. குழாய்க்கென்று எடுத்துவைத்த அந்த அண்டாவில்தான் அதைக் குளிப்பாட்டத் தண்ணீர் நிறைத்தார்கள்.

சாவு வீட்டிலிருந்து வந்தபிறகு இவர் எங்கள் ஊர் மிஷன் பள்ளிக்கூடத்து வாத்தியாரிடம் போனார். எல்லாவற்றையும் அவரிடம் ஒளிக்காமல் சொல்லிவிட்டு, குழாய் கேட்டுப் பேச இங்கிலீஷில் எழுதி வாங்கி வந்தார். கடை அடைத்ததும் பின்கட்டில் நடந்துகொண்டே நெட்டுருப் போடுவார். எனக்கு ஒரு சொல்லும் புரியாது. ஆனால் எந்த இடத்தில் அவர் நடப்பதை நிறுத்துவார் என்று தெரிந்துபோயிற்று. வாத்தியாரைக் கேட்டேன். அங்கேதான் அந்தப் பெண்ணைப் பற்றி வருகிறது என்றார்.

கூட்டத்தன்று எழுந்து நின்று முழுவதையும் பேசிவிட்டார். எங்கேயும் தடுமாறவில்லை என்று வெளியே நின்ற வாத்தியாரே வந்து சொன்னார். பேசி முடித்ததும் மேசையைத் தட்டினார்களாம். துரை எழுந்து நன்றி சொன்னாராம்.

"குழாய்க்கு என்ன சொன்னாங்க?" என்று கேட்டேன்.

இவர் தலைப்பாகையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டிருந்தார். வாத்தியார்தான் பதில் சொன்னார். "கவனத்துல எடுத்துக்கிட்டோம், வசதிப்படும்போது பாக்கலாம்னு சொன்னாங்கம்மா. அப்புறம் மேல் ரோட்டு விளக்குக் கம்பத்தைப் பத்திப் பேச ஆரம்பிச்சுட்டாங்க."

"இவ்வளவு நல்லாப் பேசியுமா?"

"ஆமாங்கம்மா. நல்லாத்தான் பேசினார்."

மெம்பர் தவணை முடியும்வரை அவர் எல்லாக் கூட்டத்துக்கும் போனார். விட்டுவிடுங்கள் என்று நான் கெஞ்சினேன். "அனுப்பினவங்க திரும்பி வரச் சொல்லாம எப்படி வர்றது?" என்பார். ஆனால் கை தூக்குவதை நிறுத்திவிட்டார். எது வந்தாலும் இரண்டு கையையும் மேசைக்கு அடியில் வைத்துக்கொள்வாராம்.

அடுத்த முறை அவர் நிற்கவில்லை. துரை முன்னால் போய்ப் புரொக்டரின் பெயரைத் தாமே சொல்லிவிட்டு வந்தார். எங்கள் தெருவே அவருக்குத்தான் ஓட்டுச் சொன்னது. சட்டம் படித்தவர், இங்கிலீஷ் அவர் நாக்கில் விளையாடும், அவர் கேட்டால் கிடைக்கும் என்று நம்பினோம். எங்களுக்காகப் பேசுவேன் என்று சொன்ன புரொக்டரும் சொல் தவறவில்லை. முதல் கூட்டத்திலேயே எங்கள் தெருவுக்காக வெகுநேரம் பேசினார் என்று கேள்விப்பட்டோம். அவருக்கும் மேசையைத் தட்டினார்கள். கவனத்தில் எடுத்துக்கொண்டார்கள்.

அந்தச் செய்தியைச் சொல்லப் புரொக்டரே எங்கள் கடைக்கு வந்தார். இவர் அவருக்கு நாற்காலி போட்டு, காப்பி வரவழைத்தார். "அப்ப குழாய் வராதது எனக்குப் பேசத் தெரியாததனால இல்லையா?" என்று கேட்டார். புரொக்டர் இல்லை என்று தலையசைத்தார். இவருக்கு அது ஆறுதலாக இருக்கும் என்று நினைத்தேன். அதற்குப் பிறகுதான் இவர் ரொம்பப் பேச்சுக் குறைந்துபோனார். தனக்குத் தெரியாததுதான் தப்பு என்று இருந்தவரை, தெரிந்தவர் ஒருவர் போனால் சரியாகிவிடும் என்றாவது நினைத்துக்கொண்டிருந்திருப்பார் போல.

குழாய் கடைசியில் வந்தது. பதுளைக்கு ரயில் பாதை போட்ட காலத்தில், எஞ்சினுக்குத் தண்ணீர் வேண்டும் என்று மலையிலிருந்து பெரிய குழாய் இழுத்தார்கள். அது எங்கள் தெரு வழியாகப் போக வேண்டியிருந்தது. வேலை நடந்தபோது யாரோ ஒரு இஞ்சினியர் துரை, தெருமுனையில் தண்ணீர் பிடிக்க ஒரு வாய் வைத்துவிட்டுப் போகச் சொன்னாராம். எதற்காகச் சொன்னார், யார் கேட்டுச் சொன்னார் என்று யாருக்கும் தெரியாது. நாங்கள் யாரும் அவரைப் பார்க்கவில்லை.

இவர் அப்போது படுக்கையில் இருந்தார். ஒரு செம்பில் பிடித்துக்கொண்டு வந்து கொடுத்தேன். குடித்தார். நல்ல தண்ணீர்தான், மலைத் தண்ணீர். "யார் கேட்டு வந்துச்சு?" என்றார். ஒருத்தரும் கேட்கவில்லை, தானாக வந்தது என்றேன். செம்பை என்னிடம் கொடுத்துவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.