காக்காய் வராத மலை

எங்கள் அப்பாவுக்கு மலை ஏறப் பிடிக்கும் என்பது எங்கள் வீட்டில் யாருக்கும் தெரியாது. அப்பாவுக்கே தெரியாது. அவர் பிறந்து வளர்ந்த ஆம்பூரில் எந்தப் பக்கம் திரும்பினாலும் மலைதான். ஆனாலும் படிப்பு முடிந்து வேலைக்குக் கிளம்பும்வரை ஒன்றின் அடிவாரத்தைக்கூட அவர் மிதித்ததில்லை. விறகு பொறுக்குகிறவர்களும் ஆடு மேய்க்கிறவர்களும் போகிற இடம் என்பதற்குமேல் மலையைப் பற்றி அவருக்கு அபிப்பிராயம் கிடையாது. பெங்களூருக்கு வந்து, வைட்ஃபீல்டில் ஒரு கம்ப்யூட்டர் கம்பெனியில் சேர்ந்து, அங்கே ஒரு மேனேஜர் வாய்த்த பிறகுதான் அவருக்கு மலை பிடிக்க ஆரம்பித்தது.

அந்த மேனேஜருக்கு மலை என்றால் உயிர். இரண்டாயிரத்தை ஒட்டிய அந்த வருடங்களில் வைட்ஃபீல்டில் அது ஒரு காய்ச்சல் மாதிரி பரவியிருந்தது. வாரம் முழுக்க நாற்காலியைவிட்டு எழாதவர்கள் சனிக்கிழமை விடிந்ததும் வேன் பிடித்து எங்காவது ஒரு பாறையைத் தேடிப் போனார்கள். திங்கட்கிழமை வந்து கால் வலியைப் பற்றிப் பெருமையாகப் பேசிக்கொண்டார்கள். போகாதவர்கள் அந்தப் பேச்சில் சேர முடியாது. பேச்சில் சேராதவனை வெளிநாட்டுக்கு அனுப்பும்போது எவன் ஞாபகம் வைத்துக்கொள்வான் என்று அப்பாவுக்குப் பயம். ஊரோடு ஒத்துவாழ் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டு, ஆளுக்கு முன்னால் நடந்துவிடும்போல் கனமாக ஒரு ஜோடி பூட்ஸ் வாங்கி வந்தார்.

ஒரு தை மாதம், இந்த முறை குடும்பத்தோடு வரவேண்டும் என்று மேனேஜர் சொல்லிவிட்டார். ராமநகரம் தாண்டி ஒரு பாறை மலை. அம்மாவுக்கு விஷயமே விளங்கவில்லை.

“மேல என்ன சாமிங்க இருக்கு?”

“சாமியெல்லாம் ஒண்ணும் இல்ல. சும்மா பாறைதான்.”

“அப்ப எதுக்கு ஏறணும்?”

அப்பா பூட்ஸ் கயிற்றைக் கட்டிப் பார்த்துக்கொண்டே, மேலிருந்து பார்த்தால் நன்றாக இருக்குமாம் என்றார். அந்த ‘மாம்’ அம்மாவுக்குப் போதுமானதாக இல்லை.

அம்மாவின் கவலைகள் வேறு. முதல் கவலை தம்பி. அவனுக்கு அப்போது ஐந்து வயது. பெங்களூர் குளிர் அவனுக்கு ஒத்துக்கொள்ளவே இல்லை. குளிர்காலம் வந்தால் வீசிங். மூச்சை இழுக்கும்போது நெஞ்சுக்குள் பூனை ஒன்று உறுமுகிற மாதிரி சத்தம் வரும். டாக்டர் கொடுத்திருந்த இன்ஹேலரை அம்மா வேறு யார் கையிலும் கொடுக்கமாட்டாள். அது எப்போதும் அவளுடைய நீலநிறத் தோள்பையில்தான் இருக்கும். அப்பாவை நம்பினால் ஆபீசில் வைத்துவிட்டு வந்துவிடுவார் என்பது அவள் வாதம். அது உண்மையும்கூட.

இரண்டாவது கவலை, அன்றைக்குச் சனிக்கிழமை என்பது. அப்பாவுக்கு ஏழரைச் சனி நடந்துகொண்டிருந்தது. வெளிநாட்டுப் பயணம் தள்ளிப் போவதும், தம்பிக்கு மூச்சு இழுப்பதும், எங்கள் தெருவில் தண்ணீர் வராததும் எல்லாம் அதனால்தான் என்று ஜோசியர் சொல்லியிருந்தார். தண்ணீர் பற்றி அவர் சொன்னாரா, அம்மா சேர்த்துக்கொண்டாளா என்று எனக்கு இப்போது சந்தேகமாக இருக்கிறது. பரிகாரம், சனிக்கிழமைதோறும் எள்ளுச் சோறு வடித்துக் காக்காய்க்கு வைப்பது. காக்காய் தின்றபிறகுதான் வீட்டில் மற்றவர்கள் வாயில் சோறு வைக்கலாம். ஒரு வாரம் தவறினாலும் அதுவரை செய்ததெல்லாம் வீண். எங்கள் பால்கனிக்கு நேரம் தவறாமல் வருகிற காக்காய்களின் முகம் எனக்குத் தெரியும்.

ஆகவே அந்தச் சனிக்கிழமை காலையில் நாங்கள் புளிசாதம், தயிர்சாதம், எள்ளுச் சோறு சகிதம் வேனில் ஏறினோம்.

அடிவாரத்தில் காட்டிலாகா வாட்சர் ஒருவர் நின்றிருந்தார். சாயம் போன காக்கிச் சட்டை, காலில் ரப்பர் செருப்பு. எங்கள் கூட்டத்தைப் பார்த்ததுமே அவர் முகம் சுருங்கியது. பாட்டு போடாதீங்க, கவர் போடாதீங்க, மேற்குப் பக்கம் போகாதீங்க என்று கன்னடமும் தமிழும் கலந்து சொல்லிக்கொண்டே எங்கள் கூடவே ஏறினார். மேனேஜர் தோளில் பெரிய கயிற்றுச் சுருள் இருந்தது. அதைத்தான் வாட்சர் அடிக்கடி பார்த்தார். மேற்குப் பக்கம் செங்குத்தான பாறையில் கழுகுகள் கூடு வைத்திருக்கின்றன, அங்கே கயிறு போடக்கூடாது என்றார். மேனேஜர் சிரித்துத் தலையாட்டினார். கயிற்றை இறக்கவில்லை. சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கமாட்டான் போலிருக்கே என்று அப்பா மெதுவாகச் சொன்னார். மேனேஜருக்குத் தமிழ் தெரியாததால் அது வீணாகிவிட்டது.

உச்சிக்குப் போனபோது எல்லோருக்கும் பசி. கம்பெனிக்காரர்கள் ரொட்டியைப் பிரித்துத் தின்ன ஆரம்பித்தார்கள். நாங்கள் மட்டும் தின்னவில்லை. அம்மா ஒரு பாறைமேல் எள்ளுச் சோற்றை வைத்துவிட்டு, “கா... கா...” என்று வானத்தைப் பார்த்துக் கூப்பிட்டாள். அப்பா, மேனேஜர் இருந்த திசைக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டார்.

காக்காய் வரவில்லை. காக்காய் மனிதர் இருக்கிற இடத்துக்கு வருகிற பறவை, அத்தனை உயரத்தில் அதற்கு என்ன வேலை? வெகு மேலே அகலமான இறக்கையுள்ள ஏதோ ஒன்று வட்டமடித்துக்கொண்டிருந்தது, அவ்வளவுதான். தம்பி சோறு கேட்டுச் சிணுங்கினான். “இருடா கண்ணு, காக்கா வந்துரும்” என்று அம்மா மறுபடியும் கூப்பிட்டாள்.

வந்தது குரங்கு.

முதலில் ஒன்றுதான் வந்தது. எள்ளுச் சோற்றை வழித்துத் தின்றது. அம்மா பயப்படவில்லை. அவள் முகமே மலர்ந்துவிட்டது. சனியையே அடக்கியவர் ஆஞ்சநேயர். சனிக்கிழமை அவருக்கும் உகந்த நாள். காக்காய்க்கு வைத்த சோற்றை அவரே வந்து எடுத்துக்கொண்டார் என்றால் ஏழரையும் தீர்ந்தது என்று அர்த்தம். அவள் தயிர்சாத டப்பாவைத் திறந்து ஒரு கை எடுத்து வைத்தாள். “குடுக்காதீங்கம்மா! பேடாம்மா!” என்று வாட்சர் தூரத்திலிருந்து கத்தினார். அம்மா அவரைப் பார்த்த பார்வையில், சாமிக்குப் போடுகிற சோற்றைத் தடுக்கிறானே பாவி என்பது எழுதியிருந்தது.

பிறகு பாறைக்குப் பின்னாலிருந்து ஒரு கூட்டமே வந்தது. சோறு எங்கிருந்து வருகிறது என்று அவை பார்த்துவிட்டன. ஒரு தடிக் குரங்கு டப்பாக்களைத் தாண்டி வந்து, பக்கத்திலிருந்த நீலப் பையைத் தூக்கிக்கொண்டு நடந்தது.

எல்லோரும் கத்தினார்கள். கம்பெனிப் பையன்கள் கல் எறிந்தார்கள், வாழைப்பழம் எறிந்தார்கள். எது மிரட்டல், எது லஞ்சம் என்று குரங்குக்கே குழப்பமாக இருந்திருக்கும். அது மேற்கு விளிம்பில் போய் உட்கார்ந்து, பையிலிருந்து கைக்குட்டையையும் குங்குமப் பொட்டலத்தையும் எடுத்து எறிந்தது. தின்ன ஒன்றும் இல்லை என்று தெரிந்ததும் பையை விட்டுவிட்டது. பை விளிம்புக்கு அப்பால் விழுந்தது.

அப்பா குப்புறப் படுத்து எட்டிப் பார்த்தார். பை கீழே ஒரு பாறைத் திட்டில் கிடக்கிறது என்றார். அந்தத் திட்டிலேயே ஓரமாகச் சுள்ளிக் கூடும், அதன்மேல் அசையாமல் ஒரு பெரிய கழுகும் இருந்தன.

அப்போதுதான் எனக்குப் பின்னால் அந்தப் பூனை உறுமுகிற சத்தம் கேட்டது. ஏறிய களைப்பு, தூசி, குரங்கைக் கண்ட பயம், அழுகை எல்லாம் சேர்ந்து தம்பிக்கு இழுக்க ஆரம்பித்துவிட்டது. ஒவ்வொரு மூச்சுக்கும் தோள் இரண்டும் மேலே ஏறின, தொண்டைக் குழி உள்ளே போனது. உதடு வெளுத்திருந்தது. செல்போனை எடுத்தவர்கள் எல்லோரும் அதை வானத்துக்குக் காட்டிவிட்டுத் திரும்ப வைத்தார்கள்.

மேனேஜர் ஏற்கெனவே கயிற்றைப் பிரித்துக்கொண்டிருந்தார். பத்தே நிமிடம், இறங்கி எடுத்துவந்துவிடுவேன் என்று ஆங்கிலத்தில் அப்பாவிடம் சொன்னார். வாட்சர் ஓடிவந்து விளிம்புக்குக் குறுக்கே நின்றார்.

“பேடா சார். கயிறு போடாதீங்க. கழுகு முட்ட மேல உக்காந்திருக்கு. ஆளு எறங்கினா பறந்துடும், திரும்பி வராது.”

எனக்குத் தெரிந்து அம்மா அந்நியர் யாரிடமும் குரலை உயர்த்தியதில்லை. அன்று உயர்த்தினாள்.

“பொணந்தின்னிக் கழுகுக்காகவாய்யா? எம்புள்ள மூச்சுக்குத் தவிக்கிறான், நீ முட்டையப் பத்திப் பேசறியே! நீயும் புள்ள குட்டி பெத்தவன்தானே?”

வாட்சர் மேனேஜர் பக்கம் திரும்பினார். கயிறு கட்டி இறங்கி ஏறப் பத்து நிமிடம் போதாது, அதற்குள் கீழே போய்விடலாம் என்றார். போதும் என்றார் மேனேஜர். யார் சொல்வது சரி என்று அங்கே யாருக்கும் தெரியாது. கையை நீட்டிக்கொண்டு வாட்சர் அப்பாவின் முன்னால் வந்தார்.

“கொடுங்க சார். பேக, பேக, சீக்கிரம். நான் தூக்கிட்டு ஓடறேன்.”

அப்பா மேனேஜரைப் பார்த்தார். மேனேஜர் சொல்லி அப்பா மறுத்த விஷயம் அதுவரை உலகத்தில் எதுவும் இல்லை. அம்மா, “அவன்கிட்ட குடுக்காதீங்க” என்று அப்பாவின் கையைப் பிடித்தாள். அப்பா கையை விடுவித்துக்கொண்டு தம்பியை வாட்சர் தோளில் போட்டார். அதை ஏன் செய்தார் என்று பல வருடங்கள் கழித்துக் கேட்டேன். “நம்ம எல்லாருக்கும் மூச்சு வாங்குது. அந்த ஆளுக்கு மட்டும் வாங்கல. அதான்” என்றார். அவ்வளவு பெரிய முடிவுக்கு அவரிடம் இருந்த காரணம் அது ஒன்றுதான்.

வாட்சர் ஓடினார். ஏறியபோது நாங்கள் உட்கார்ந்து நகர்ந்த சரிவுகளில் அவருடைய ரப்பர் செருப்பு தடதடவென்று இறங்கியது. அப்பா பூட்ஸ் வழுக்கி விழுந்தும் எழுந்தும் பின்னால் ஓடினார். அம்மா என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு முருகா முருகா என்று இறங்கினாள். நான் வானத்தையே பார்த்துக்கொண்டு வந்தேன். காக்காய் இன்னும் தின்னவில்லையே, அதனால்தான் தம்பிக்கு இப்படி ஆகிறது, ஒரே ஒரு காக்காய் கண்ணில் பட்டால் அவனுக்குச் சரியாகிவிடும் என்று எனக்கு நிச்சயமாகத் தோன்றியது. மேலே அந்த அகல இறக்கைப் பறவைதான் எங்களோடு கூடவே சுற்றிக்கொண்டு வந்தது. பிணந்தின்னி என்று அம்மா சொன்னதைக் கேட்டிருந்தேன். அது எதற்காகக் காத்திருக்கிறது என்று நினைத்ததும் எனக்கு அழுகை வந்துவிட்டது. அதை இந்த ஆள் காப்பாற்றுகிறானே என்று அவர்மேல் ஆத்திரமாக வந்தது.

வேனிலும் அவரே தம்பியை மடியில் வைத்துக்கொண்டு வந்தார். தம்பி அவர் சட்டைக் காலரைப் பிடித்த பிடியை விடவில்லை. பக்கத்து ஊர் நர்சிங் ஹோமில் ஊசி போட்டு, மூக்கில் மாஸ்க் வைத்து மருந்துப் புகை கொடுத்தார்கள். அம்மாவும் அப்பாவும் உள்ளே இருந்தார்கள். என்னை வெளி வராந்தா பெஞ்சில் உட்கார வைத்தார்கள். உள்ளே போய்ப் போய் எட்டிப் பார்த்து வருவது என் வேலையாயிற்று. கடைசியாகப் போனபோது தம்பி மாஸ்க்கைத் தள்ளிவிட்டு மாம்பழ ஜூஸ் வேண்டும் என்று அடம்பிடித்துக்கொண்டிருந்தான். அம்மா அழுதுகொண்டே அவனை அதட்டினாள்.

இப்போது அந்த மலையில் யாரும் ஏற முடியாது. கழுகுகளுக்காக அதை மூடிவிட்டார்கள் என்று கேள்வி. வைட்ஃபீல்ட்காரர்கள் வேறு மலை தேடிப் போகிறார்கள். அந்த வருடம் அந்த முட்டை பொரிந்ததா என்று எங்கள் வீட்டில் யாரும் கேட்டுக்கொண்டதில்லை. தம்பி பிழைத்துவிட்டதால் அந்த நாள் எங்களுக்கு வேடிக்கைக் கதை ஆகிவிட்டது. அம்மாவின் ஆஞ்சநேயர், அப்பாவின் பூட்ஸ் என்று சொல்லிச் சொல்லிச் சிரிப்போம். அவன் பிழைக்காமல் போயிருந்தால் அந்த வாட்சர் என்ன ஆகியிருப்பார் என்று யோசிக்கிற வயது எனக்கு வந்தபோது, அவர் முகம்கூடச் சரியாக ஞாபகம் இல்லை.

அன்றைக்கு நான் வராந்தாவுக்குத் திரும்பி வந்தபோது வாட்சர் நர்சிங் ஹோம் படியில் உட்கார்ந்திருந்தார். அப்பா வாங்கிக் கொடுத்த டீயைக் குடிக்காமல் தரையில் வைத்திருந்தார். என்னைப் பார்த்து, “பாப்பா, தம்பி பேசறானா?” என்று கேட்டார்.

“பேசறான். ஜூஸ் கேக்கறான்.”

தலையாட்டினார். பிறகு மறுபடியும், “தம்பி பேசறானா?” என்றார். தமிழ் சரியாகப் புரியவில்லை போலிருக்கிறது என்று பள்ளிக்கூடத்துக் கன்னடத்தில் சொன்னேன். அதற்கும் தலையாட்டினார். திரும்பவும் அதையே கேட்டார். எனக்குச் சலிப்பாக வந்தது. எழுந்து போய் அவர் காதுக்குப் பக்கத்தில் குனிந்து, “தம்பி நல்லா இருக்கான்!” என்று கத்தினேன். அவர் சட்டென்று துண்டால் முகத்தை மூடிக்கொண்டார்.

வேன் பெங்களூர் ரோட்டில் ஏறியதும் நான் அப்பாவிடம் சொன்னேன்: “பாவம்பா, அந்த அங்கிளுக்குக் காது கேக்காது.”