பேச்சியம்மாள் அக்கா எழுதிய பன்னிரண்டு அட்டைகள்

பேச்சியம்மாள் அக்கா இறந்துபோன செய்தி வந்தபோது நான் கருப்பட்டிப் பால்கோவா நிறுத்துக்கொண்டிருந்தேன். ஸ்ரீவில்லிபுத்தூரில் நான் வேலை பார்க்கும் கடையில் காலை பதினோரு மணிக்கு மதுரை பஸ்ஸைப் பிடிக்கிறவர்களின் கூட்டம் நெருக்கும். செல்போனைத் தோளுக்கும் காதுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டுதான் பேசினேன். கூப்பிட்டது அக்காவின் வண்டியை ஓட்டும் மாரியப்பன். "அக்கா போயிட்டாவ, முத்து. ராஜபாளையத்து வீட்டுலதான் வச்சிருக்கு. வெரசா வா" என்றான். சரி என்றேன். எதிரே நின்றவர் அரைக் கிலோ கேட்டிருந்தார். தராசில் எண்ணைப் பார்த்து, கூடுதலாக விழுந்ததைக் கிள்ளி எடுத்து, பெட்டியை மூடி நூல் கட்டிக் கொடுத்தேன். அதன் பிறகுதான் என் கையைப் பார்த்தேன். அவர் இறந்ததைக் கேட்ட பின்னும், அவருடைய காலையே தின்ற சாமானை ஒழுங்காக நிறுத்துக் கொடுத்த கை இது. இரண்டு தடவை சோப்புப் போட்டுக் கழுவினேன். பிசுபிசுப்பு போகவில்லை.

நான் ஐந்தாம் வகுப்புவரை படித்தவள். அக்காவைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை எழுதித் தா என்று அவர் தெருக்காரர்கள் கேட்டார்கள். நல்லது எழுதத்தான் வருகிறேன். ஆனால் அதை எழுதினால் கூடவே வேறு சிலதும் வரும். அக்காவைத் தெரிந்தவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அக்கா இறந்த அன்று மாலை துட்டி வீட்டிலிருந்து திரும்பி வந்தபோது எங்கள் கடை வாசலில் கண்ணீர் அஞ்சலி பிளக்ஸ் கட்டியிருந்தார்கள். அக்காவின் படம், இரண்டு பக்கமும் ரோஜாப்பூ, அடியில் இனிப்புக் கடைக்காரர்கள் பெயர் வரிசையாக. அதே மூங்கில் கம்பில், அதற்கு நேர் மேலே, எங்கள் கடையின் பழைய பிளக்ஸ். "பனங்கருப்பட்டிப் பால்கோவா. சுகர் உள்ளவர்களும் பயமின்றிச் சாப்பிடலாம்." இரண்டும் ஒரே பிளக்ஸ் கடையில் அடித்தது. ரோஜாப்பூகூட ஒன்றுதான். மேலே இருந்த அந்த மாதிரிப் போர்டுகளைக் கழற்றச் சொல்லித்தான் அக்கா கடை கடையாக ஏறி இறங்கினார். அதற்குக் கீழேயே அவரைக் கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள். அதன் அடியில் நுழைந்து கடைக்குள் போக என்னால் முடியவில்லை. சாக்கடை ஓரம் போய் நின்றுகொண்டேன்.

அக்காவை எல்லாரும் மிட்டாய் வண்டி அக்கா என்றுதான் சொல்வார்கள். ராஜபாளையத்தில் மொத்தமாகத் தேன் மிட்டாய், கடலை மிட்டாய், கமர்கட், சாக்லேட் எல்லாம் எடுத்துக் குட்டியானை வண்டியில் ஏற்றி, ஸ்ரீவில்லிபுத்தூர், வ. புதுப்பட்டி, கான்சாபுரம் என்று கடைகளுக்குப் போடுவார். கணவர் ஓட்டிய லைன் அது. அவர் இறந்த பிறகு மாரியப்பனை வண்டிக்கு வைத்துக்கொண்டு அக்காவே லைனுக்கு வந்தார். புது மிட்டாய் எது வந்தாலும் முதல் பெட்டியைப் பிரித்து ஒன்றை வாயில் போடுவார். பிடிக்காவிட்டால் துப்பிவிட்டுப் பெட்டியைத் திருப்பி அனுப்பிவிடுவார். "நான் திங்காத சரக்கை ஏத்த மாட்டேன்" என்பார். ஒருமுறை எங்கள் கடையில் புது மிட்டாய் ஒன்று எப்படி இருக்கிறது என்று கேட்ட ஆளிடம் நான் சும்மா நன்றாக இருக்கும் என்றேன். அவர் போன பிறகு அக்கா கேட்டார்: "நீ தின்னு பாத்தியாட்டி?" இல்லை என்றேன். "தெரியலேன்னா தெரியலேன்னு சொல்லு. வாய் ஒண்ணும் தேஞ்சு போகாது."

அப்படிப்பட்டவரிடம்தான் நான் அந்தப் பொய்யைச் சொன்னேன்.

அவருக்குச் சுகர் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிக் கொஞ்ச நாள் ஆகியிருந்தது. வாய்க்கு ஒன்றும் ருசிக்கவில்லை என்று அலுத்துக்கொண்டே வந்தவர், எங்கள் போர்டை நின்று படித்தார். "ஏட்டி முத்து, நெசமா? இதை நான் திங்கலாமா?" என்று கேட்டார். "கருப்பட்டிதானக்கா. தாராளமா" என்றேன். முதலாளி அண்ணாச்சி அப்படித்தான் சொல்லிக் கொடுத்திருந்தார். கருப்பட்டி உடம்புக்கு நல்லது என்று இந்தப் பக்கம் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். அதைச் சாக்காக வைத்து நான் தப்பிக்க முடியாது. பின்கட்டில் சீனி மூட்டை பிரிப்பதைத் தினமும் பார்த்தவள் நான். கருப்பட்டி, நிறத்துக்கும் வாசத்துக்கும் போடுகிற அளவுதான். மற்றது சீனி. அது தெரிந்தே சொன்னேன். அக்கா வாராவாரம் கால் கிலோ வாங்கினார். பிறகு, கருப்பட்டி தின்கிறோமே என்று மாத்திரையையும் நாள் விட்டு நாள் போட ஆரம்பித்தார். இதை அவர் சொன்னபோதும் நான் நூல்தான் கட்டிக்கொண்டிருந்தேன்.

இடது காலில் செருப்பு கடித்த புண் ஆறவில்லை. இரண்டு விரலை எடுத்தார்கள். பால்கோவா ஒன்றினால்தான் என்று டாக்டர் சொல்லவில்லை, பல காரணம் இருக்கும் என்றாராம். ஆனால் கருப்பட்டியும் சர்க்கரைதான் என்று நர்ஸ் அக்காவிடம் திட்டவட்டமாகச் சொல்லியிருக்கிறார்.

வீட்டுக்கு வந்த பிறகு அக்கா காலி மிட்டாய்ப்பெட்டிகளின் மூடியைக் கத்தரித்து, உள்பக்கம் நீல மார்க்கரால் எழுதினார். பன்னிரண்டு அட்டை. "சுகர் உள்ளவர்கள் டாக்டரைக் கேட்காமல் சாப்பிட வேண்டாம்." லைனில் இப்படிப் போர்டு வைத்த கடைகள் பன்னிரண்டு. "செவ்வாக்கிழமை உனக்கு லீவுதான? கூட வா" என்று போன் பண்ணினார். ஏன் என்னை என்று கேட்கப் பயந்து, கேட்காமலே போனேன்.

காலை வெயில் ஏறுவதற்குள் ராஜபாளையத்தில் கிளம்பினோம். இடது காலில் கட்டு இருந்ததால் கணவரின் பழைய பெரிய செருப்பை அதற்குப் போட்டிருந்தார், வலது காலில் தன்னுடையது. முதல் கடையில் கேசரியும் அல்வாவும் அடுக்கியிருந்த கண்ணாடிக்குப் பின்னால் நின்றவர் அட்டையைப் படித்துவிட்டுச் சிரித்தார்.

"மிட்டாய் வித்து வளந்த ஆளு, மிட்டாய் திங்காதேங்குதியளா?"

"திங்காதேன்னா சொன்னேன்? பொய் எழுதாதேன்னு சொல்லுதேன்."

"நான் எடுத்துட்டா எதுத்த கடைக்காரன் எடுப்பானா?"

"செத்த நேரத்துல அவன்ட்டயும் போவேன். அவனும் இதைத்தான் கேப்பான். ரெண்டு பேரும் சேந்து கேளுங்களேன்."

எதிர்க்கடைக்காரரும் அதையேதான் கேட்டார். மாரியப்பன் ஸ்டியரிங்கில் முகத்தைக் கவிழ்த்துக்கொண்டு சிரித்தான். அந்தக் கடைகளின் அடுத்த வார ஆர்டர் எதுவும் வரவில்லை. அப்படி ஆகும் என்று அக்காவுக்குத் தெரியாமல் இல்லை.

அட்டையை மனதார வாங்கியது ஒரே ஒருத்தி. ஒரு தெருவுக்குள் வீட்டிலேயே சாக்லேட் செய்கிற பெண், கல்யாணமாகி ஒரு வருடம் இருக்கும். அச்சில் ஊற்றிய சாக்லேட்டைப் பிரிட்ஜில் அடுக்கிக்கொண்டிருந்தாள். பேரீச்சம்பழம் போட்டது, சுகருக்கு நல்லது என்று சீட்டு ஒட்டியிருந்தாள். "யாரு சொன்னா?" என்றார் அக்கா. "செல்லுல ஒரு வீடியோல பாத்தேன்க்கா. எனக்கும் தெரியலையே" என்றாள். அக்கா அவளை ஒன்றும் சொல்லவில்லை. தெரியலை என்று சொன்னதற்காகவே அக்காவுக்கு அவளைப் பிடித்துவிட்டது. அவள் எங்கள் முன்னாலேயே அந்தச் சீட்டுகளை நகத்தால் சுரண்டினாள். அக்கா கட்டிலில் உட்கார்ந்து, ஒட்டிக்கொண்ட பசையைத் துணி நனைத்துத் துடைத்துக் கொடுத்தார்.

வ. புதுப்பட்டியில் ஒருவர் மிகவும் மரியாதையாக அட்டையை வாங்கிக்கொண்டார். டீ கொடுத்தார். வண்டி திரும்பும்போது நான் கண்ணாடியில் பார்த்தேன். அந்த அட்டையால் ஜிலேபி மேல் மொய்த்த ஈயை ஓட்டிக்கொண்டிருந்தார். அக்காவும் பார்த்தார். "பரவாயில்ல, ஈக்காவது உதவுது" என்றார். நான் சிரிக்கவில்லை. திட்டினவனைவிட அந்த மரியாதைக்காரன் முகம்தான் இன்றைக்கும் எனக்குக் குமட்டுகிறது.

கான்சாபுரம் போகிற வழியில் கட்டு நெகிழ்ந்துவிட்டது. வண்டியை ஒரு புளியமரத்தடியில் நிறுத்தி, நான் கீழே உட்கார்ந்து பழைய துணியைப் பிரித்தேன். விரல் இருந்த இடத்தைப் பார்த்தேன். நாற்றத்துக்கு ஈ வந்தது. கடையில் கோவாத் தட்டின் மேல் உட்கார வருமே, அதே ஈ. நான் விரட்ட விரட்ட வந்து உட்கார்ந்தது. அப்போது என் வாயிலிருந்து தானாக வந்துவிட்டது. "அக்கா, அது அம்புட்டும் சீனிதான். எனக்குத் தெரியும். தெரிஞ்சுதான் சொன்னேன்."

அடிப்பார் என்று நினைத்தேன். அடித்திருக்கலாம். "துணியை இறுக்கிக் கட்டு" என்றார். கட்டினேன். வண்டி கிளம்பி ரொம்பத் தூரம் போன பிறகு சொன்னார்: "கடைசியா உன் கடைக்குப் போவோம். நான் சொன்னா வயித்தெரிச்சல்ல சொல்லுதேன்னு உன் அண்ணாச்சி சொல்லுவான். உள்ள நிக்கவ நீ. நீ சொல்லு." சரிக்கா என்றேன்.

சாயங்காலம் எங்கள் கடைக்கு வந்தோம். கல்லாவில் அண்ணாச்சி இருந்தார். வாங்க வாங்க என்று நாற்காலி போடச் சொன்னார். அக்கா உட்காரவில்லை. விஷயத்தைச் சொன்னார். அண்ணாச்சி பொறுமையாகக் கேட்டுவிட்டு, "நம்ம சரக்குல சீனியே கிடையாதும்மா. வேணும்னா முத்துட்ட கேளுங்க. அவதான் இங்கேயே கிடக்கா" என்றார். இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். வெளியே மாரியப்பனும் பார்த்தான்.

நான் தராசுத் தட்டைத் துடைத்தேன். துடைத்த தட்டையே மறுபடியும் துடைத்தேன்.

அக்கா எவ்வளவு நேரம் காத்திருந்தார் என்று எனக்குத் தெரியாது. பிறகு மீதியிருந்த ஒரு அட்டையைத் தராசுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு, அந்தப் பெரிய செருப்பை இழுத்து இழுத்து இறங்கிப் போனார். "அதைத் தூக்கிக் குப்பையில போடு" என்றார் அண்ணாச்சி. குப்பையில் போடவில்லை. பெட்டிக்கு விரிக்கும் காகிதக் கட்டுக்கு அடியில் சொருகினேன். அதுதான் என் அம்புட்டு தைரியம்.

அதற்கப்புறம் புண் மேலே ஏறியது. முழங்காலுக்குக் கீழே எடுத்தார்கள். நான் நாலைந்து தடவை பார்க்கப் போனேன். என்னிடம் அன்றைக்கு நடந்ததைப் பற்றி அவர் ஒரு சொல் கேட்கவில்லை. ஒரு தடவை மட்டும், "அட்டை இருக்காட்டி?" என்றார். இருக்குக்கா என்றேன். "அப்ப சரி" என்றார். அதுதான் அவர் கடைசியாக என்னிடம் பேசியது.

பதினாறாம் நாள் காரியத்துக்கு ராஜபாளையம் போனேன். செத்தவர்களுக்குப் பிடித்ததை எல்லாம் இலையில் வைத்துப் படத்துக்கு முன்னால் படைப்பது எங்கள் பக்கத்து வழக்கம். சோறு, பருப்பு, அக்காவுக்குப் பிடித்த சுண்டைவற்றல். இலை ஓரத்தில் நூல் கட்டிய ஒரு பெட்டி திறந்திருந்தது. உள்ளே கருப்பட்டிப் பால்கோவா. அண்ணாச்சி கொண்டுவந்தது. "அக்கா வாராவாரம் ஆசையா வாங்கித் திங்கும்" என்று பக்கத்தில் இருந்தவர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தார். அந்த நூலைக் கட்டியவள் நான். முந்தின நாள் அண்ணாச்சி கட்டச் சொன்னபோது எங்கே போகிறது என்று நான் கேட்கவில்லை.

சூடம் காட்டப் போனார்கள். நான் குனிந்து பெட்டியை எடுத்துவிட்டேன். அக்காவின் மகன், போலீஸில் இருக்கிறவர், லீவில் வந்திருந்தார். "என்ன செய்தீய? படைச்சதைத் தொடலாமா?" என்று கையைப் பிடித்தார்.

"தம்பி, இது அவியளுக்கு வேண்டாம். இதுல இருக்கது சீனி. கருப்பட்டின்னு பொய் சொல்லி உங்க அம்மாவுக்கு வித்தது நான். சொல்லச் சொன்னது இந்தா நிக்காவுகளே, எங்க அண்ணாச்சி."

சூடம் தட்டில் தானாக எரிந்துகொண்டிருந்தது. "துக்க வீட்டுல வந்து என்ன பேச்சு இது" என்றார் அண்ணாச்சி. மகன் அவரைப் பார்க்கவில்லை. என் கையை விட்டார். பெட்டியை வாங்கி வாசலுக்குப் போய்க் கவிழ்த்தார். திரும்பி வந்து, "பூசையை முடிங்க" என்று மட்டும் சொன்னார். என்னை அவர் சாப்பிடச் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் உட்கார்ந்திருக்க மாட்டேன்.

மறுநாள் நான் வேலைக்குப் போனேன். வெட்கமில்லாமல் அங்கேயே போகிறாயே என்று காரியத்துக்கு வந்திருந்த சிலர் கேட்டார்கள். என்னை நிறுத்தினால் ஏன் என்று ஊர் கேட்கும் என்பதால் அண்ணாச்சி நிறுத்தவில்லை. கண்ணீர் அஞ்சலி பிளக்ஸைக் கழற்றிவிட்டார்கள். மேலே இருந்த போர்டு அப்படியே இருக்கிறது. காகிதக் கட்டுக்கு அடியிலிருந்து அட்டையை எடுத்துத் தராசில் சாய்த்து, வாங்குகிறவர்களுக்கு எழுத்து தெரிகிற மாதிரி வைத்தேன். அண்ணாச்சி வந்து சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தார். அவர் கல்லாவுக்குப் போனதும் நான் இந்தப்பக்கம் திருப்பினேன். இன்றுவரை அப்படித்தான் நடக்கிறது. இரண்டு பேரும் அதைப் பற்றிப் பேசுவதில்லை.

நேற்று பஸ்ஸுக்கு அவசரமாக நின்ற ஒரு பெரியவர் மேலே போர்டைப் பார்த்துவிட்டு, "சுகருக்குத் திங்கலாமாம்மா?" என்று கேட்டார். அண்ணாச்சி கல்லாவில்தான் இருந்தார். "திங்காதீங்கய்யா. இதுல அம்புட்டும் சீனி" என்றேன். அன்றைக்கு அக்கா எனக்காகக் காத்துக்கொண்டு நின்றது இந்த நாலு வார்த்தைக்குத்தான்.

அக்காவிடமிருந்து எனக்குக் கிடைத்தது அந்த ஒரு அட்டை. என் விரல் பட்டு ஓரமெல்லாம் நெய் ஏறிவிட்டது. எழுத்து மங்கும்போது அக்கா எழுதிய கோட்டின் மேலேயே மார்க்கரால் எழுதிக்கொள்வேன்.